விளையாட்டுக் கேள்வி – பதில்: முட்டைப் பந்தும் பத்து வருஷப் பிழைப்பும்

அயர்லாந்து ரக்பி பற்றி வந்த கடிதங்களுக்கு இந்த இதழில் பதில் சொல்கிறோம். பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் அந்த நாட்டில் இருக்கும் குடும்பங்களிலிருந்து நிறையக் கேள்விகள் வந்திருக்கின்றன. கபடி ஆடும் தம்பிமாரும் எழுதியிருக்கிறார்கள்.

மகள் டப்ளினில் நர்ஸ் வேலை பார்க்கிறாள். பேரனுக்கு 13 வயது. பள்ளிக்கூடத்தில் ரக்பி ஆடுகிறான். "ஆச்சி, இதையே தொழிலா வச்சுக்கிடுவேன்" என்று போனில் சொல்கிறான். இது சோறு போடுமா? எப்படித்தான் ஆள் எடுக்கிறார்கள்? அந்த நாட்டு அணிக்கு ஆட அவனுக்குத் தகுதி உண்டா?
– ஒரு வாசகி, களக்காடு

சோறு போடும் ஆச்சி. ஆனால் வாசல் மிகக் குறுகலானது, உள்ளே இருக்கும் காலமும் குறைவு. இந்த இரண்டையும் மகளும் மருமகனும் முதலிலேயே தெரிந்துகொள்ள வேண்டும்.

வழி பள்ளியில் தொடங்குகிறது. டப்ளினைச் சுற்றிய பள்ளிகளுக்கு லென்ஸ்டர் சீனியர் கோப்பைதான் பெரிய மேடை. 1887 முதல் நடக்கிறது. அயர்லாந்தின் முன்னாள் கேப்டன் பிரையன் ஓ'டிரிஸ்கால் படித்த பிளாக்ராக் கல்லூரிதான் அதை அதிக முறை வென்றிருக்கிறது. அந்தக் கோப்பையில் தெரிகிற பையன்களை மாகாணத்தின் 18, 19 வயதுக்குட்பட்ட அணிகளுக்கு அழைப்பார்கள். அங்கே தேறினால் மாகாண அகாடமி. பொதுவாக மூன்று வருஷம். ஒரு மாகாணம் வருஷத்துக்குப் பத்துப் பேருக்கும் குறைவாகவே அகாடமியில் சேர்க்கிறது. அதன்பின் வளர்ச்சி ஒப்பந்தம் என்று ஒரு படி, அதையும் தாண்டினால் முழு ஒப்பந்தம். இதற்கிடையில் 20 வயதுக்குட்பட்ட அயர்லாந்து அணியில் இடம் கிடைத்தால் நல்ல அறிகுறி. லென்ஸ்டர், மன்ஸ்டர், அல்ஸ்டர், கோனாக்ட் என்ற நான்கு மாகாணங்களிலும் சேர்த்து முழு ஒப்பந்தத்தில் இருப்பவர்கள் ஏறத்தாழ இருநூறு பேருக்குள்தான்.

பெரிய பள்ளியில் சேர்க்காவிட்டால் போச்சு என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். அயர்லாந்தின் மூன்றாம் எண் ப்ராப் (முன்வரிசையில் முட்டுகிறவர்) டைக் ஃபர்லாங் வெக்ஸ்போர்டு பக்கத்து விவசாய வீட்டுப் பிள்ளை. ஷான் ஓ'பிரையன் கார்லோ மாவட்டத்தில் பண்ணையில் வளர்ந்தவர். கீத் ஏர்ல்ஸ், லிமெரிக் நகரில் உழைப்பாளிகள் குடியிருக்கும் மாய்ராஸ் பகுதியிலிருந்து வந்து நாட்டுக்காக நூறு ஆட்டங்களுக்கு மேல் ஆடினார். ஊர் கிளப்பில் ஆடி மேலே வருவதும் அங்கே உண்டு.

பெற்றோர் ஏமாறும் இடம் ஒன்று இருக்கிறது. 14 வயதிலேயே மீசை முளைத்து உடம்பு ஏறிய பையன், பந்தை வாங்கி நேரே ஓடினாலே நாலு பேரைத் தள்ளிவிட்டு டிரை (எதிர்க் கோட்டைத் தாண்டிப் பந்தைத் தரையில் வைப்பது) போட்டுவிடுவான். எல்லாரும் கைதட்டுவார்கள். ஆனால் இரண்டு கையாலும் பந்தை எறிய, எதிராளியின் இடைவெளியைப் பார்க்க, அவன் கற்றிருக்க மாட்டான். 18 வயதில் மற்றவர்களும் வளர்ந்து வரும்போது அவனிடம் வேறு சரக்கு இருக்காது. உங்கள் பேரன் சின்ன உடம்புக்காரனாக இருந்தால் கவலைப்படாதீர்கள். இந்த வயதில் இடக்கைப் பாஸும் டேக்கிளும் (எதிராளியைப் பிடித்து வீழ்த்துவது) சுத்தமாக வரட்டும். 18 வயதுக்கு முன் எடை ஏற்ற டப்பா பவுடர் எதுவும் வேண்டாம். பாலும் முட்டையும் மீனும் பருப்பும் போதும்.

நாட்டுக்கு ஆடும் தகுதி பற்றியும் கேட்டிருந்தீர்கள். அவனோ, பெற்றோரோ, தாத்தா பாட்டியோ அங்கே பிறந்திருக்க வேண்டும். இல்லையேல் தொடர்ந்து ஐந்து வருஷம் அந்நாட்டு ரக்பி அமைப்பில் மட்டும் பதிவாகியிருக்க வேண்டும், அல்லது மொத்தம் பத்து வருஷம் அங்கே இருந்திருக்க வேண்டும். முன்பு மூன்று வருஷம் அங்கே இருந்தாலே போதும் என்று இருந்ததை உயர்த்திவிட்டார்கள். உங்கள் பேரனுக்கு இந்தக் கணக்கு தடையாக இராது.

இவர்களுக்குச் சம்பளம் யார் கொடுக்கிறார்கள்? ஐபிஎல் போல ஏலம் உண்டா? நல்ல ஆட்டக்காரர்கள் ஏன் பணக்கார பிரெஞ்சு கிளப்புகளுக்கு ஓடிவிடுவதில்லை?
– ஒரு வாசகர், பாளையங்கோட்டை

ஏலம் கிடையாது. ரக்பி யூனியன் என்ற இந்த வகை ரக்பி 1995 ஆகஸ்ட் வரை சம்பளமில்லாத ஆட்டமாகவே இருந்தது, அதன்பின்தான் தொழிலாயிற்று. அயர்லாந்தில் நான்கு மாகாண அணிகளையும் அந்நாட்டு ரக்பி ஒன்றியமே நடத்துகிறது. பெரும்பாலானோர் மாகாணத்தோடு இரண்டு, மூன்று வருஷ ஒப்பந்தம் போடுகிறார்கள். நாட்டு அணியின் முதல் வரிசையில் சிலருக்கு மட்டும் ஒன்றியமே நேரடியாகச் சம்பளம் தருகிறது. சம்பளம் தருகிறவரே ஆட்டத்தையும் அளந்து கொடுப்பார். சிக்ஸ் நேஷன்ஸ் என்ற ஆறு நாட்டுப் போட்டி முடிந்த கையோடு ஒருவரை மூன்று வாரம் உட்கார வைக்க ஒன்றியத்தால் முடியும். தனியார் முதலாளி வைத்திருக்கும் அணியில் இது நடக்காது. அயர்லாந்துக்காரர்கள் முப்பத்தைந்து வயதைத் தாண்டியும் ஆட முடிவதற்கு இந்த ஓய்வு பெரிய காரணம் என்பது எங்கள் கருத்து. ஜானி செக்ஸ்டன் 2023 உலகக் கோப்பையில் 38 வயதில் கடைசி ஆட்டம் ஆடினார். கியன் ஹீலி, நாட்டுக்காக ஓ'டிரிஸ்கால் ஆடிய 133 ஆட்டக் கணக்கை 2024 நவம்பரில் தாண்டினார்.

வெளிநாடு போனால் நாட்டு அணியில் எடுக்க மாட்டார்கள் என்பது எழுதப்படாத வழக்கம். பாரிஸின் ரேசிங் 92 கிளப்புக்குப் போகப்போவதாக சைமன் ஸீபோ 2017ல் சொன்னதுமே அயர்லாந்தின் பச்சைச் சட்டை கைவிட்டுப் போனது. அதே கிளப்பில் 2013 முதல் 2015 வரை ஆடிய செக்ஸ்டனை மட்டும் அழைத்துக்கொண்டே இருந்தார்கள். விதிவிலக்கு வேண்டுமென்றால் அந்த அளவு ஆட வேண்டும்.

வரியிலும் ஒரு பிடி வைத்திருக்கிறார்கள். ஓய்வு பெறும்போது, தான் சம்பாதித்த வருஷங்களில் பத்தைத் தேர்ந்தெடுத்து, அந்த வருஷங்களின் ஆட்ட வருமானத்தில் 40 சதவீதத்துக்கு வரிக்கழிவு கேட்கலாம். விளம்பரப் பணம் இதில் சேராது. களம் விட்டு இறங்கும் நேரத்தில் கையில் வரும் அந்தத் தொகை, அடுத்த தொழிலுக்கு முதல்.

வட அயர்லாந்து பிரிட்டனைச் சேர்ந்தது, மற்றது தனி நாடு. பிறகு எப்படி ஒரே அணி?
– ஒரு மாணவர், இடையன்குடி

ஒன்றியம் 1879ல் உருவானது. நாடு பிரிந்தது அதற்கு நாற்பது வருஷம் கழித்து. ரக்பிக்காரர்கள் பிரியவில்லை. பெல்ஃபாஸ்ட்டில் ஆடும் அல்ஸ்டர்காரரும் டப்ளினில் ஆடும் லென்ஸ்டர்காரரும் ஒரே சட்டைதான் போடுகிறார்கள். இரு தரப்பும் சேர்ந்து பாட 1995ல் தனியாக ஒரு பாட்டே எழுதி வைத்தார்கள். உங்கள் ஊரில் அடங்கியிருக்கும் கால்டுவெல் ஐயர் பிறந்த ஆன்ட்ரிம் அந்த அல்ஸ்டர் மாகாணத்தில்தான் இருக்கிறது தம்பி. அடுத்த முறை அல்ஸ்டர் ஆட்டம் பார்த்தால் ஊர்க்காரர் என்று கைதட்டலாம்.

டிவியில் பார்த்தால் சிலருக்குக் காது சுருண்டு, வெந்த காலிஃபிளவர் மாதிரி இருக்கிறதே, ஏன்? சிலர் தலையில் கரண்ட் ஒயருக்குச் சுற்றும் டேப்பைச் சுற்றியிருக்கிறார்கள்.
– ஒரு வாசகர், சங்கரன்கோவில்

இரண்டும் ஒரே விஷயம். இரு அணியும் குனிந்து கோத்துத் தள்ளும் ஸ்க்ரமில் பக்கத்துக்கு எட்டுப் பேர் முட்டுகிறார்கள். ஒரு பக்கத்து எடை மட்டும் 900 கிலோ அளவுக்கு வரும். இரண்டாம் வரிசைக்காரர் தலையை முன்வரிசையின் இரண்டு இடுப்புகளுக்கு நடுவே செருகுவார். அந்த உரசலில் காது மடலின் தோல் குருத்தெலும்பை விட்டுப் பிரிந்து, நடுவே இரத்தம் கட்டும். இரண்டொரு நாளில் மருத்துவர் ஊசியால் உறிஞ்சி, இறுக்கிக் கட்டிவிட்டால் பழையபடி ஒட்டிக்கொள்ளும். விட்டுவிட்டால் கெட்டித்துப் போகும், பிறகு கரையாது. உறிஞ்சிய மறுநாளே பயிற்சிக்குப் போனால் திரும்பக் கட்டும். பலருக்குக் காது கெடுவது அப்படித்தான். காதை மண்டையோடு படிய வைக்கத்தான் அந்தக் கருப்பு டேப். வெளியே போன பந்தைத் திரும்ப உள்ளே எறியும் லைன் அவுட்டில் குதிக்கும் நெடியவர்களின் தொடையிலும் டேப்பைப் பாருங்கள். முழங்காலுக்கு மேலே நுரைத்துண்டு வைத்துச் சுற்றியிருப்பார்கள். தூக்குகிறவர் கை வழுக்காமல் பிடிக்க அந்தப் புடைப்பு.

நான் பிசியோதெரபி படிக்கிறேன். தலையில் அடிபட்டால் என்ன செய்கிறார்கள்? காயத்தால் ஆட்டமே முடிந்துபோனவர்கள் உண்டா?
– ஒரு வாசகி, வள்ளியூர்

உயர்மட்ட ஆட்டத்தில் சந்தேகம் வந்ததும் ஆளை வெளியே எடுத்து 12 நிமிஷத்தில் பரிசோதிக்கிறார்கள்: நினைவு, சொற்களைத் திருப்பிச் சொல்வது, ஒரே கோட்டில் நடப்பது. நினைவு தப்பினாலோ தள்ளாடினாலோ பரிசோதனையே கிடையாது, அன்றைய ஆட்டம் முடிந்தது. ஆட்டம் முடிந்து மூன்று மணி நேரத்துக்குள் இன்னொரு சோதனை, இரண்டு இரவு தூங்கியபின் மூன்றாவது. அறிகுறி மறுநாள் வருவதும் உண்டு என்பதால் இந்த மூன்று. 2024 முதல் பல்லுறையிலேயே அதிர்ச்சியை அளக்கும் கருவி இருக்கிறது. கிளப், பள்ளி மட்டத்தில் இந்த வசதி இல்லை. எனவே அங்கே சந்தேகம் வந்தாலே வெளியேற்றம், குறைந்தது 21 நாள் ஆட்டமில்லை. "சும்மா ஒரு தலைச்சுத்துதான்" என்று பையன் சொல்வதை நம்பித் திரும்ப இறக்கிவிடுவதுதான் உயிருக்கு ஆபத்தான தவறு. முதல் அடி ஆறுவதற்குள் இரண்டாவது விழுந்தால் மூளை வீங்கக்கூடும்.

ஆட்டம் முடிந்துபோனவர்கள் உண்டு. 2015 அக்டோபரில், கார்டிஃபில் பிரான்சுக்கு எதிரான உலகக் கோப்பை ஆட்டத்தில் கேப்டன் பால் ஓ'கானலின் தொடைப் பின்தசை எலும்பிலிருந்து பிய்ந்தது. அதுவே அவருடைய கடைசி ஆட்டம். இப்போது நாட்டு அணியில் ஸ்க்ரமில் முட்டும் எட்டுப் பேருக்கான பயிற்சியாளர். லூக் ஃபிட்ஸ்ஜெரால்ட், ஃபீலிக்ஸ் ஜோன்ஸ் இருவருமே கழுத்துக் காயத்தால் 28 வயதில் விலகினார்கள். 28 என்பது நம்மூரில் முதல் நிரந்தர வேலை கிடைக்கிற வயது. ஜோன்ஸ் பயிற்சியாளராகி, 2019 உலகக் கோப்பையை வென்ற தென்னாப்பிரிக்க அணியோடு இருந்தார்.

இதனால்தான் அங்கே அகாடமிப் பையன்களைக் கல்லூரிப் படிப்பையும் சேர்த்தே கொண்டுபோகச் சொல்கிறார்கள். ஆட்டக்காரர் சங்கம் படிப்புக்கும் அடுத்த வேலைக்கும் வழிகாட்ட ஆள் வைத்திருக்கிறது. சனிக்கிழமை ஆட்டமென்றால் ஞாயிறு உடம்பைத் தேற்றுவது, திங்கள் வீடியோவும் எடைப் பயிற்சியும், செவ்வாய் கடுமையான பயிற்சி, புதன் விடுமுறை, வியாழன் மறுபடி வேகம், வெள்ளி லேசான ஒத்திகை. அந்தப் புதன்கிழமைதான் படிப்புக்கு. அந்த நாளைத் தூங்கிக் கழிப்பவருக்கும் புத்தகத்தோடு கழிப்பவருக்கும் வித்தியாசம் முப்பது வயதில் தெரியும்.

பெண்களுக்கு இதில் சம்பளம் உண்டா?
– ஒரு மாணவி, மேலப்பாளையம்

உண்டு. பதினைந்து பேர் ஆட்டத்தில் அயர்லாந்துப் பெண்களுக்கு 2022ல்தான் ஒப்பந்தம் வந்தது. மிகவும் தாமதம். ஆண்கள் வாங்குவதற்குப் பக்கத்தில்கூட அந்தத் தொகை இல்லை.

நான் கபடியில் கார்னர் ஆடுகிறேன். வயது 19, எடை 82 கிலோ. ரக்பி பழகலாம் என்று நாலு பேர் சேர்ந்திருக்கிறோம். கபடிப் பிடி அங்கே செல்லுமா? எப்படித் தொடங்குவது, அண்ணாச்சி?
– ஒரு வாசகர், திசையன்விளை

கபடிக்காரனுக்கு பயம் போயிருக்கும், காலைப் பார்த்துப் பாயும் கண் இருக்கும். பாதி வேலை முடிந்தது தம்பி. மாற்ற வேண்டியவை மூன்று. கணுக்காலை மட்டும் கையால் பிடித்து இழுப்பது ரக்பியில் கடைசி வழி; தோள்தான் முதலில் படவேண்டும். தூக்கி எறிவது கூடாது. எதிராளியின் தலை கீழ்ப்பக்கம் போனால் சிவப்பு அட்டை. விழுந்தபின் பிடியை விட்டு உடனே எழ வேண்டும். கபடியில் விடாமல் அமுக்கிப் பழகிய கைக்கு இதுதான் கஷ்டம்.

முதல் இரண்டு வாரம் ஓட்டமே வேண்டாம். மணலில் இருவரும் முழங்காலிட்டு எதிரெதிரே இருங்கள். எதிராளியின் வலப்பக்கம் பிடிக்கிறாய் என்றால் உன் தலை அவன் உடம்புக்கு வெளிப்பக்கம், காது அவன் இடுப்பை ஒட்டியிருக்க வேண்டும். கண் திறந்திருக்க வேண்டும், முதுகு நேராக இருக்க வேண்டும். தோளை அவன் தொடையில் பதித்து, இரண்டு கையையும் பின்னால் சுற்றிப் பூட்டி, அதன்பின்தான் தள்ளு. தலை அவன் தொடைக்கு முன்னால் போனால் அவன் முழங்கால் உன் பொட்டில் இடிக்கும். டேக்கிளில் பலர் மயங்கி விழுவது இந்த ஒரு தப்பால். கையை மட்டும் நீட்டிப் பிடித்தால் தோள் கழலும். பக்கத்துக்குப் பத்துப் பத்தாக, நாளுக்கு நாற்பது போதும். பிறகு ஒருவர் நின்று, அதன்பின் நடந்து, கடைசியில் ஓடி.

அயர்லாந்தில் ஈரத் தரை என்பதால் 21 மில்லிமீட்டர் வரை நீளமான உலோகக் குமிழ் வைத்த பூட்ஸ் போடுகிறார்கள். நம் செம்மண் தரையில் அது குதிகாலைப் பதம் பார்த்துவிடும். கால்பந்துக்கான குட்டை ரப்பர் குமிழ் வாங்கு. பல்லுறையைப் பல் மருத்துவரிடம் அளவெடுத்துச் செய்துகொள். பந்து ஐந்தாம் எண், 410 முதல் 460 கிராம். சின்னப் பிள்ளைகளுக்கு நாலாம் எண். பயிற்சிக்கு முன்னும் பின்னும் எடை பார். ஒரு கிலோ குறைந்திருந்தால் ஒன்றரை லிட்டர், உப்புப் போட்ட மோரோ கஞ்சித்தண்ணியோ, கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே போகவேண்டும். காலை ஏழரைக்கு மேல் உங்கள் தேரிக்காட்டு வெயிலில் டேக்கிள் பழகாதே. களைத்த உடம்பில் தலை முதலில் தப்பான பக்கம் போகும்.