வல்லயன் மறையும் மாதங்கள்

வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: சில மாதங்களாக ஒரு மாயக் கதையை நாவலாக எழுதிவருகிறேன். நெல்லும் வாழையும் விளையும் ஒரு மலைநாட்டுக்கு ‘வல்லயன்’ என்னும் ஒன்பது விண்மீன்களின் கூட்டம் காவலாக இருக்கிறது. கையில் வல்லயம் என்னும் ஈட்டியை ஏந்திய வீரனின் உருவில், ஆண்டு முழுவதும் நாட்டின் உச்சியில் அசையாமல் நிற்கும் அதன் ஒளி இருக்கும்வரை பகைவர் எவரும் கணவாயைக் கடக்க இயலாது. கையெழுத்துப் படியைப் படித்த என் அண்ணன், “காவல் இவ்வளவு கெட்டியாக இருந்தால் கதை எப்படி நடக்கும்?” என்று கேட்டுவிட்டார். வல்லயனை எப்படித் திருத்துவது?
— ஒரு வாசகி, அம்பாசமுத்திரம்

பதில்: அண்ணன் கேட்டது நியாயமான கேள்வி. தலைக்கு நேர் மேலே ஒரு மீன் கூட்டம் அசையாமல் நிற்க வேண்டுமானால் பார்ப்பவர் துருவத்தில் நின்றாக வேண்டும். அங்கே ஆறு மாதம் பகலும் ஆறு மாதம் இரவுமாக இருக்கும் என்பதால் உங்கள் நெல்லும் வாழையும் விளைய வழியில்லை. நம் திருநெல்வேலியோ நிலநடுக்கோட்டுக்கு வடக்கே ஏறத்தாழ 8.7 பாகையில் இருக்கிறது. ஆகையால் இங்கே துருவ மீன் வடக்கு அடிவானத்துக்கு மேலே, நீட்டிய கையின் ஒரு முட்டி அளவு உயரத்தில்தான் நிற்கும். ஒரு பனைமரம் குறுக்கே வந்தாலே மறைந்துவிடும். ‘எழுமீன்’ என்று நற்றிணை சொல்லும் சப்தரிஷி மண்டலம்கூட இங்கே உதித்து மறைவதுதான். மறையவே மறையாத காவல் மீன் என்பது வடக்கே வெகுதொலைவில் வாழ்பவர்களுக்குக் கண்ணெதிரே கிடைக்கிற காட்சி. நமக்கு வாய்த்திருப்பது போய்வருகிற வானம்.

வல்லயனுக்கு முன்மாதிரியாக அகத்திய மீனை (ஆங்கிலத்தில் கனோபஸ்) எடுத்துக்கொள்ளுங்கள். சிரியஸுக்கு அடுத்தபடியாக இரவு வானில் மிகுந்த ஒளியுடைய அந்த மீன், தை மாத நடுவில் இரவு 10 மணி வாக்கில் நேர் தெற்கே, அடிவானத்திலிருந்து 30 பாகைக்குச் சற்றுக் குறைந்த உயரத்தில் நிற்கும். விண்மீன்கள் நாளுக்கு ஏறக்குறைய 4 நிமிடம் முந்தி உதிப்பதால் அது மாதத்துக்கு 2 மணி நேரம் முந்திக்கொண்டே போய், மே மாதக் கடைசியில் தென்மேற்கே அந்தி வெளிச்சத்துக்குள் இறங்கிவிடும். பிறகு ஜூலை முடியும் தறுவாயில் அல்லது ஆகஸ்டில்தான் விடியற்காலைத் தென்கிழக்கில் திரும்பவும் தென்படும். இடைப்பட்ட அந்த நாள்களில்தான் இங்கே சாரல் பெய்கிறது. பொதிகை முனிவரின் பெயரைத் தாங்கிய மீன், பொதிகை நனைந்துகொண்டிருக்கும்போது இரவு வானில் இல்லை என்பது எனக்கு இன்றும் வியப்பாகவே இருக்கிறது.

உங்கள் பகைவர்கள் கணவாய்க்கு வர வேண்டிய பருவம் அதுவே. வல்லயன் எந்த வாரம் மறைவான் என்பது நாட்டுக் கணியர்களுக்கும் தெரியும், பகைவரின் கணியர்களுக்கும் தெரியும். ஆனால் கடைசி நாள் எது என்பதில் மட்டும் தகராறு இருக்கும். அந்தி மங்கலில் ஒரு கிழவர் கண்டேன் என்பார், இன்னொருவர் அது மேக இடுக்கில் தெரிந்த வேறு மீன் என்பார், காவலைக் கூட்டுவதா வேண்டாமா என்று முடிவெடுக்க வேண்டிய அரசிக்கோ கண் பார்வை மங்கத் தொடங்கியிருக்கும். என்னைக் கேட்டால், நாவலின் நடுப்பகுதி முழுவதையும் இந்தத் தகராறின் மீதே நிறுத்திவிடலாம்.

காவல் முழுமையாக இருக்கும் இரவும் ஒன்று உண்டு. எந்த மீனின் அருகே முழுநிலவு நிற்கிறதோ, அந்த மீன் கதிரவனுக்கு ஏறத்தாழ எதிர்த்திசையில் இருப்பதால், பொழுது சாயும்போது கிழக்கே எழுந்து, விடியும்போது மேற்கே இறங்கும். இரவு முழுவதும் அதன் முறை. நம் பக்கத்துக் குடும்பங்கள் எங்கெங்கோ வேலை பார்த்தாலும் பங்குனி உத்திரத்தன்று குளத்தங்கரையிலும் காட்டோரத்திலும் இருக்கும் தங்கள் சாஸ்தாவைத் தேடி வந்துவிடுகின்றன அல்லவா? உத்திர மீன் விடிய விடிய வானில் நிற்கும் காலம் அதுதான். காவல் தெய்வத்துக்கு அந்த நாளைக் குறித்தவர்கள் இதை எண்ணித்தான் குறித்தார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் நீங்கள் உங்கள் நாட்டு வீரர்களின் சூளுரை விழாவை அப்படியோர் இரவில் தாராளமாக வைக்கலாம். நிலவொளியில் வல்லயனின் மங்கலான மீன்கள் தெரியாமல் போகும் என்பதை மட்டும் மறந்துவிடாதீர்கள்.

கேள்வி: என் கதையில் ஊரைக் காத்து இறந்தவர்கள் விண்மீன்களாகி ஒரே கூட்டமாக நிற்கிறார்கள். அவர்களுள் ஒருவர் அழிந்துபோனால் அன்று இரவே ஊர் மக்களுக்குத் தெரிந்துவிடுமா?
— ஒரு வாசகர், வள்ளியூர்

பதில்: தெரியாது, அதுதான் உங்கள் கதைக்கு நல்லது. கூட்டமாகத் தோன்றும் மீன்கள் பெரும்பாலும் அண்டை வீட்டுக்காரர்கள் அல்லர். ஒன்றன் பின்னால் ஒன்றாக வெவ்வேறு தொலைவில் இருப்பவை நம் கண்ணுக்கு ஒரே தளத்தில் தெரிகின்றன. ஒளி ஓராண்டில் கடக்கும் தொலைவே ஓர் ஒளியாண்டு; சிரியஸ் 8.6 ஒளியாண்டுத் தொலைவில் இருக்க, அகத்திய மீன் ஏறத்தாழ 310 ஒளியாண்டுக்கு அப்பால் இருக்கிறது. 1799-ஆம் ஆண்டு கயத்தாற்றில் கட்டபொம்மனைத் தூக்கிலிட்ட நாளில், இன்று நாம் காணும் அகத்திய மீனின் ஒளி பாதி வழிகூட வந்திருக்கவில்லை. ஆகவே உங்கள் காவலர் அழிந்து மூன்று தலைமுறை கடந்த பின்னும் ஊரார் அவரைக் கும்பிட்டுக்கொண்டிருக்கலாம். கொலையுண்டவர்களையே காவல் தெய்வமாக்கிப் படையல் இடுகிற நம் சீமை வாசகர்களுக்கு இதில் குறையொன்றும் தோன்றாது. அழிந்த செய்தி ஒரே ஒருத்திக்கு மட்டும் முன்கூட்டியே தெரிந்திருந்தால், அவள் அதை ஊராரிடம் சொல்வாளா என்பதுதான் உங்கள் சிக்கல்.

கேள்வி: காவல் மீன் கூட்டத்தைப் பற்றிச் சிறுவர்களுக்கு எழுதுகிறேன். விண்மீன், நட்சத்திரம், வெள்ளி — எந்தச் சொல்லை ஆள்வது?
— ஒரு வாசகர், உவரி

பதில்: நட்சத்திரம் என்றதும் சாதகக் கட்டம் நினைவுக்கு வந்துவிடுகிறது. கதைசொல்லி ‘மீன்’ என்றே சொல்லட்டும். அறுமீன், எழுமீன், வடமீன் என்று பழைய வழக்குகள் துணைக்கு இருக்கின்றன. உங்கள் கடற்கரை மாந்தர்கள் மட்டும் விடிவெள்ளியைச் சொல்வதுபோல் ‘வெள்ளி’ என்று பேசட்டும். கூட்டத்தின் பெயரும் ஊருக்கு ஊர் மாறலாம்: மலைநாட்டார் வல்லயமாகக் காணும் அதே மூன்று மீன்கள், கடலிலிருந்து பார்ப்பவருக்குத் துடுப்பாகத் தெரியலாம்.