வளவும் கான்கிரீட்டும்: வாசகர் கேள்வி பதில்

போன இதழில் நவீனக் கட்டடக்கலை பற்றி, அதிலும் கட்டடக் கலைஞர் லெ கொர்பூசியே பற்றி, போகிற போக்கில் நாலு வரி புகழ்ந்து எழுதப்போய், காரைக்குடியைச் சுற்றியுள்ள ஊர்களில் இருந்து மட்டும் ஒரு கட்டுக் கடிதம் வந்திருக்கிறது. பாதிக்கு மேல் திட்டு. அவற்றைத் தனியே எடுத்துவைத்துவிட்டு, கேள்வியாக இருந்தவற்றுக்கு மட்டும் பதில் எழுதுகிறேன்.

பள்ளத்தூர் வாசகி: மகன் சென்னையில் ஆர்க்கிடெக்சர் இரண்டாம் வருஷம் படிக்கிறான். பொங்கலுக்கு வந்தவன் எங்கள் வீட்டு முகப்பைப் பார்த்துவிட்டு "அலங்காரம் ஒரு குற்றம்" என்றான். அவன் ஐயா இரண்டு நாள் அவனோடு பேசவில்லை. இப்படி யார் சொல்லிவைத்தது?

அடால்ஃப் லூஸ், வியன்னாவில் இருந்த கட்டடக் கலைஞர். 1910 வாக்கில் மேடையில் பேசி, பிறகு அச்சான கட்டுரையின் தலைப்பு 'அலங்காரமும் குற்றமும்'. நடுவில் இருந்த 'உம்'மைப் பிள்ளைகள் எடுத்துவிட்டு, அலங்காரமே குற்றம் என்று ஆக்கிவிட்டார்கள். அவர் வாதம் ஒன்றும் கிறுக்குத்தனம் இல்லை. பூ வேலை செய்கிறவனுடைய நேரமும் கூலியும் வீண், நாளைக்கு மோஸ்தர் மாறினால் நல்ல பொருளையும் சேர்த்துத் தூக்கிப்போடுவீர்கள் என்றார்.

சொன்னதோடு விடவில்லை. வியன்னாவில் அரண்மனைக்கு நேர் எதிரே ஒரு தையல் கம்பெனிக்காக 1909 தொடங்கி 1911 வரை ஒரு கட்டடம் கட்டினார். மேல்மாடிச் சன்னல்களுக்கு மேலே சுதையும் இல்லை, வளைவும் இல்லை. புருவம் இல்லாத வீடு என்று ஊரே கேலி செய்தது, நகர நிர்வாகம் வேலையை நிறுத்தியது, கடைசியில் சன்னலுக்குச் சன்னல் பூத்தொட்டி வைக்கிறேன் என்று ஒத்துக்கொண்ட பிறகுதான் ஆளை விட்டார்கள். சரி, மகனிடம் இதையும் கேளுங்கள்: அதே கட்டடத்தின் கீழ்த்தளத்தை லூஸ் எதைக்கொண்டு மூடினார்? பச்சை நரம்போடிய, விலை கூடிய மார்பிள். அவருக்குக் கோபம் செதுக்கு வேலை மேலே, நல்ல பொருள் மேலே இல்லை.

அதனால் அடுத்த தடவை வரும்போது அவனை முகப்பில் நிறுத்தாதீர்கள். நேரே வளவுக்குள், அதாவது நடுமுற்றத்துக்குள் கூட்டிப்போய், பட்டாலைச் சுவரில் கையை வைத்துப் பார்க்கச் சொல்லுங்கள். சுண்ணாம்பும் கடுக்காய்த் தண்ணீரும் முட்டை வெள்ளைக்கருவும் சேர்த்து, பூச்சு மேல் பூச்சாக ஏற்றி, தேய்த்துத் தேய்த்துக் கொண்டுவந்த வழவழப்பு அது. சித்திரை வெயிலிலும் கன்னத்தை வைத்தால் குளுகுளு என்று இருக்கும். அந்தச் சுவரில் ஒரு பூக்கூடக் கிடையாது. லூஸே வந்திருந்தாலும் அங்கேதான் நின்றிருப்பார். முகப்புச் சுதை பொம்மை விஷயத்தில் மட்டும், ஐயாவிடம் சொல்லிவிடாதீர்கள், நான் பாதி மகன் கட்சி. பக்கத்து வீட்டில் இரண்டு யானை என்றால் நம் வீட்டில் நாலு என்று ஏறிய கணக்கு அது.

புதுவயல் வாசகர்: கார்பூசியரா, கொர்பூசியேயா? ஒரே இதழில் மூன்று விதமாக அச்சாகியிருந்தது.

கொர்பூசியே. பிரெஞ்சில் கடைசி 'ர்' வாயில் வராது. அதுவும் பெற்றவர்கள் வைத்த பெயர் இல்லை, 1887இல் ஸ்விட்சர்லாந்தில் பிறந்தபோது அவர் ஷார்ல் எத்துவார் ழான்னெரே. பத்திரிகையில் எழுதுவதற்கு 1920இல் வைத்துக்கொண்ட புனைபெயர் ஒட்டிக்கொண்டுவிட்டது. மூன்று விதமாக அச்சானதற்கு நான் பொறுப்பில்லை.

கோட்டையூர் வாசகர்: ஓட்டு வீட்டை இடித்துவிட்டுக் கான்கிரீட் வீடு கட்டி நாலு வருஷம் ஆகிறது. ஏப்ரல், மே மாதங்களில் இரவு பத்து மணிக்கும் ஃபேனைப் போட்டால் அனல் அடிக்கிறது. நீங்கள் புகழ்ந்து எழுதிய அந்தக் கொர்பூசியேதானே இதற்கெல்லாம் காரணம்?

பாதி காரணம். 1914இல் அவர் போட்ட ஒரு படம் இருக்கிறது, தொமினோ என்று பெயர். ஆறு தூண், மூன்று தளம், ஒரு படிக்கட்டு, அவ்வளவுதான், சுவரே கிடையாது. உங்கள் தெருவில் எந்த வீடாவது பில்லர் எழுப்பி, தளம் போட்டு, செங்கல் வேலைக்காக நின்றுகொண்டிருந்தால் போய்ப் பாருங்கள், அந்தப் படம் அப்படியே நிற்கும். பாரத்தைத் தூண் தாங்கிக்கொள்கிறது, ஆகவே சுவரை எங்கே வேண்டுமானாலும் வைக்கலாம், வைக்காமலும் இருக்கலாம் என்பதுதான் அந்தக் காலத்துக்குப் பெரிய விடுதலை.

அதிலிருந்து 1920களில் ஐந்து விதி சொன்னார். வீட்டைத் தூண் மேல் தூக்கி நிறுத்து, உள்ளே சுவரை விருப்பம்போல் வை, முன்பக்கச் சுவரையும் விருப்பம்போல் வை, சன்னலை நீளப் பட்டையாகத் திற, மேலே தட்டையாகத் தளம் போட்டுத் தோட்டம் வை. நாம் தூணையும் தளத்தையும் எடுத்துக்கொண்டோம். தூக்கி நிறுத்திய இடத்தில் கார் நிற்கிறது. தோட்டம் இருக்க வேண்டிய இடத்தில் சின்டெக்ஸ் டேங்க்.

ஒழுகுகிற தளத்துக்காக மேஸ்திரியோடு சண்டை போட்டவர்களுக்கு இடையில் ஒரு ஆறுதல் செய்தி. ஐந்து விதியும் ஒரே வீட்டில் பார்க்க வேண்டுமென்றால் பாரிசுக்குப் பக்கத்தில் புவாசியில் இருக்கும் வில்லா சவுவாவைத்தான் எல்லாரும் காட்டுவார்கள். 1931இல் முடிந்த, வெள்ளை வெளேரென்ற வீடு. அதுவும் ஒழுகியது! வீட்டுக்கார அம்மா ஹாலில் ஒழுகுகிறது, சாய்தளத்தில் ஒழுகுகிறது என்று அவருக்குக் கடிதம் மேல் கடிதம் போட்டு, கோர்ட்டுக்குப் போவோம் என்கிற அளவுக்கு வந்துவிட்டது. அப்புறம் போர் வந்து அவர்கள் வீட்டைவிட்டே போக வேண்டியதாயிற்று.

இப்போது உங்கள் அனலுக்கு வருகிறேன். கான்கிரீட் தளம் பகலெல்லாம் வெயிலைக் குடித்துவைத்துக்கொண்டு, இரவில் நீங்கள் படுக்கப்போகும் நேரம் பார்த்துக் கீழே விடும். பாரிசில் குடியிருந்த கொர்பூசியேவுக்கு அப்போது இது தெரிய வாய்ப்பில்லை. 1951இல், அறுபது தாண்டிய வயதில் சண்டிகருக்கு வந்தபோது தெரிந்துகொண்டார். அங்கே அவர் கட்டிய ஹைகோர்ட்டைப் படத்திலாவது பாருங்கள். கோர்ட் அறைகளுக்கு ஒரு கூரை, அதற்கு வெகு உயரத்தில் குடை பிடித்த மாதிரி இன்னொரு கூரை, நடுவில் காற்று போக வெற்றிடம். சன்னல்களுக்கு முன்னால் ஆழமான கான்கிரீட் கட்டங்கள், வெயில் கண்ணாடியைத் தொடுவதற்கு முன்பே தடுத்துவிட. மொட்டை மாடியில் நாலு இரும்புக் கால் நட்டுத் தகர ஷீட் போட்டிருக்கிறார்களே நம் ஊரில், எல்லாரும் அசிங்கம் என்கிறார்களே, கொள்கையளவில் அது சண்டிகர் ஹைகோர்ட்தான்.

அவருக்கு முன்பே இதை அழகாகச் செய்தவர் ஒருவர் உண்டு, நமக்குப் பக்கத்திலேயே. புதுச்சேரியில் அரவிந்தர் ஆசிரமத்துக்காக, செக் நாட்டில் பிறந்து ஜப்பானில் வேலை பார்த்த அன்டொனின் ரேமண்ட் 1930களின் கடைசியில் தொடங்கிய கோல்கொண்டா விடுதி. இந்தியாவில் நவீன பாணியில் எழுந்த முதல் கான்கிரீட் கட்டடங்களில் ஒன்று. நீளப் பக்கம் இரண்டும் வடக்கும் தெற்கும் பார்த்து இருக்கும், மேற்கு வெயிலுக்குக் குறுகிய பக்கம்தான் கிடைக்கும். அந்த நீளப் பக்கங்களில் சன்னல் கண்ணாடி கிடையாது. மேலிருந்து கீழ்வரை திருப்பக்கூடிய பட்டைப் பலகைகள், வேண்டிய அளவு திறந்துகொள்ளலாம். கூரை இரட்டை, நடுவில் காற்று. அறைக் கதவுகள் தேக்கில், காற்று நுழைகிற மாதிரி இழுப்புக் கதவுகள். உள்சுவரில் சிப்பிப் பொடி சேர்த்த சுண்ணாம்புப் பூச்சு. நம் வீட்டுக் கதை மாதிரி இருக்கிறதா?

நீங்கள் இடித்த ஓட்டு வீடும் இதைத்தான் செய்துகொண்டிருந்தது. அடுக்கடுக்காக வேய்ந்த நாட்டு ஓட்டுக்கு இடையில் காற்று, சுவரில் வெயில் படாமல் தாழ்வாரம், சூடான காற்று மேலே ஏறிப்போக வளவு. போனது போகட்டும். தளத்தின் மேல் தட்டு ஓடு பதித்திருக்கிறீர்களா என்று பாருங்கள், இல்லையென்றால் பதியுங்கள், வெள்ளையாவது அடியுங்கள். மேற்குச் சன்னல்களுக்குச் சன்ஷேட் ஒரு அடிதான் விட்டிருப்பார்கள், மாலை வெயிலுக்கு அது எதற்கும் காணாது. வெளிப்பக்கம் மூங்கில் தட்டி தொங்கவிடுங்கள். உள்ளே திரை போட்டுப் பயனில்லை, வெயில் கண்ணாடியைத் தாண்டி உள்ளே வந்த பிறகு திரை என்ன செய்யும்?

சாக்கோட்டை வாசகர்: தரையில் பதிக்கிற ஆத்தங்குடிக் கல் நம் பாரம்பரியம். கான்கிரீட் வெள்ளைக்காரன் சரக்கு. இரண்டையும் ஒரே தராசில் வைத்து எழுதுகிறீர்களே!

ஐயா, ஆத்தங்குடிக் கல்லே சிமென்ட்தான். போர்ட்லண்ட் சிமென்ட்டுக்கு இங்கிலாந்தில் காப்புரிமை கொடுத்ததே 1824இல். ஒரு தடவை பட்டறையில் போய் உட்கார்ந்து பாருங்கள். தரையில் கண்ணாடித் துண்டு, அதன் மேல் இரும்புச் சட்டம், சட்டத்துக்குள் தகட்டு அச்சு. சின்னக் கரண்டியால் சாயக் குழம்பை ஒவ்வொரு கட்டத்துக்குள்ளும் ஊற்றி, அச்சைத் தூக்குவார் பாருங்கள், ஒரு வண்ணம் இன்னொன்றோடு கலக்காது. அதன் மேல் சிமென்ட்டும் மணலும் உலர்வாகத் தூவி, பிறகு ஈரக் கலவை போட்டுக் கரண்டியால் தட்டிச் சமப்படுத்தி, காயவிட்டுத் தண்ணீர்த் தொட்டியில் இறக்குவார்கள். சூளை கிடையாது. ஊறி எழுந்த பிறகு கண்ணாடியை உரித்தால் அந்தப் பளபளப்பு கண்ணாடி கொடுத்தது. கண்ணாடி, இரும்பு, சிமென்ட், மூன்றும் நவீனக் கட்டடக்கலையின் மூலப்பொருள். கையால் செய்வது நம்முடையது, அதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

பர்மாவில் இருந்து தேக்கு, இத்தாலியில் இருந்து மார்பிள், இங்கிலாந்தில் இருந்து இரும்புத் தூண் என்று கப்பலில் கொண்டுவந்தவர்கள் நம் செட்டிநாட்டு ஆட்கள். 1930களில் ஆர்ட் டெகோ உலகமெல்லாம் ஓடியபோது கானாடுகாத்தானிலும் அந்தப் பாணியில் வீடு எழும்பியது. வளைந்த பால்கனியும் படிப்படியான முகப்பும் வைத்து, உள்ளே மட்டும் அதே வளவு. 1942இல் ஜப்பான்காரன் பர்மாவுக்குள் வந்து, அங்கே தொழிலுக்குப் போயிருந்தவர்கள் கால்நடையாகத் திரும்பாமல் இருந்திருந்தால், அடுத்த வீடு தூண் மேல் தூக்கி நிறுத்திய வீடாகத்தான் இருந்திருக்கும் என்பது என் கட்சி. சண்டைக்கு வருகிறவர்கள் வரலாம்.

கண்டனூர் கல்லூரி மாணவி: நவீனக் கட்டடங்கள் பார்க்கச் சண்டிகருக்குத்தான் போக வேண்டுமா?

வேண்டாம். புதுச்சேரி கோல்கொண்டா, ஆனால் அது ஆசிரமத்தார் தங்குமிடம், அனுமதி வாங்கிக்கொண்டு போங்கள். சென்னையில் 1959இல் திறந்த எல்ஐசி கட்டடம். திருவனந்தபுரத்தில் லாரி பேக்கர் பூசாத செங்கல்லில் கட்டிய வளர்ச்சி ஆய்வு மையம். மதுரை உங்களுக்கு இரண்டு மணி நேரம். அங்கே இலங்கைக்காரர் ஜெஃப்ரி பாவா மில் அதிகாரிகளுக்காக 1970களில் கட்டிய கிளப் இப்போது ஓட்டலாக இருக்கிறது. ஒரு காபி குடித்தால் போதும், சுற்றிப் பார்க்கலாம். காபி விலையைக் கேட்டுவிட்டுக் குடியுங்கள்.

தேவகோட்டை வாசகர்: பங்காளிகள் எல்லோரும் சேர்ந்து பழைய வீட்டின் தேக்குத் தூண்களையும் நிலைக்கதவையும் விற்றுவிடலாம் என்கிறார்கள். வெளிநாட்டு ஆர்க்கிடெக்ட்டுகளே வாங்குகிறார்களாம், பெருமைதானே என்கிறார்கள். உங்கள் கருத்து?

வாங்குகிறார்கள் என்பது உண்மை. மேலே சொன்ன பாவாவே கொழும்பில் தன் சொந்த வீட்டில் செட்டிநாட்டுத் தூண்களை நிறுத்தியிருக்கிறார். வக்கீலாக இருந்து, முப்பத்தெட்டு வயதில் ஆர்க்கிடெக்ட் ஆனவர். சின்னச் சின்ன முற்றம் வைத்து வீட்டுக்குள் மழையையும் வெளிச்சத்தையும் கொண்டுவந்த விதத்தைப் பார்த்தால், தூணை மட்டும் எடுத்துப்போகவில்லை, வளவையும் புரிந்துகொண்டு போனார் என்று சொல்வேன். அப்படிப்பட்ட கையில் போய்ச் சேர்ந்தால் எனக்கு வருத்தமில்லை. நூற்றில் ஒன்று அப்படிப் போகும், மீதி ஏதோ ஒரு ரெஸ்டாரன்ட்டில் பாரம் தாங்காமல் சும்மா நிற்கும்.

பெருமை என்கிறவர்களிடம் சண்டிகர் நாற்காலிக் கதையைச் சொல்லுங்கள். கொர்பூசியேயின் உறவுமுறைத் தம்பி பியர் ழான்னெரே, அங்கேயே தங்கி அரசு அலுவலகங்களுக்காகத் தேக்கும் பிரம்பும் வைத்து நாற்காலிகள் வடிவமைத்தார். உடைந்ததும் பழசானதும் மாடியில் குவித்துவைத்து, கழித்துக்கட்டியது என்று ஏலத்தில் கிலோக் கணக்கு மாதிரி விட்டார்கள். வாங்கிப்போனவர்கள் பழுதுபார்த்து, பாரிசிலும் லண்டனிலும் லட்சக்கணக்கில் விற்றார்கள். ஊர் விழித்துக்கொண்டபோது பாதி போய்விட்டது.

வீடு நின்று, முன்னோருக்குப் படைக்கிற படைப்புக்கும் கல்யாணத்துக்குமாவது நாலு பேர் கூடுகிறார்கள் என்றால் ஒரு தூணையும் தொடாதீர்கள். மேலே விட்டத்தில் என்ன பாரம் வருகிறது என்று தெரியாமல் தூணை உருவி, தாழ்வாரம் மொத்தமாக உட்கார்ந்த வீட்டைப் பார்த்திருக்கிறேன். இடிப்பது என்றே முடிவாகிவிட்டால், முதலில் ஒரு ஆளை வைத்து வீட்டை அளந்து வரைபடம் போட்டுக்கொள்ளுங்கள், அறை அறையாகப் படம் எடுங்கள். உங்கள் ஊர்ப் பக்கம் ஆர்க்கிடெக்சர் படிக்கிற பிள்ளைகள் சும்மாவே வந்து செய்வார்கள். பள்ளத்தூரில் ஒருவன் இருக்கிறான், மேலே பார்த்தீர்களே.

போன மாதம் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் பழம்பொருள் கடை ஒன்றில் ஜோடித் தூண் பார்த்தேன். ஒன்றில் இடுப்பளவு உயரத்தில் கத்தியால் கீறிய கோடுகள், ஒன்றன் மேல் ஒன்றாக ஆறோ ஏழோ, பக்கத்தில் நகத்தளவு எழுத்தில் இனிஷியல்கள். பிள்ளைகளை நிறுத்தி உயரம் குறித்திருக்கிறார்கள். நான் குனிந்து பார்ப்பதைப் பார்த்துவிட்டுக் கடைக்காரர், "அது ஒண்ணுமில்லைண்ணே, பாலிஷ் போடும்போது தேய்ச்சுக் குடுத்துருவோம்" என்றார். நான் விலை கேட்கவில்லை.

உங்கள் வீட்டில் மொத்தம் எத்தனை பங்கு, யார் யார் கையெழுத்துப் போட வேண்டும் என்று நீங்கள் எழுதவில்லை. அடுத்த கடிதத்தில் எழுதுங்கள்.