மாயாஜால உலகக் கதையில் வரும் ஊர்க் கொல்லனின் அன்றாடம் எப்படி இருக்கும்? டிராகன் நெருப்பில் வாள் அடிக்க முடியுமா?

கேட்டவர் எழுதும் கதை இடைக்கால ஐரோப்பா போன்ற ஓர் உலகத்தில் நடக்கிறது. மந்திரம் உண்டு, டிராகன் உண்டு. கொல்லன் காலையில் உலையை மூட்டி, மாலைக்குள் ஒரு வாள் அடித்து வீரனிடம் கொடுத்துவிடுகிறான்.

முதலில் அந்த வாளை அவனிடமிருந்து வாங்கி வைத்துவிடுங்கள். வாள் என்பது நகரத்து வேலை. பாஸாவ், சோலிங்கன், டொலேடோ போன்ற ஊர்களில் அலகு அடிப்பவர் ஒருவர், சாணை பிடிப்பவர் ஒருவர், கைப்பிடி பூட்டுபவர் வேறொருவர். ஊர்க் கொல்லனிடம் வருவது தேய்ந்த ஏர்க்கொழு, முனை மழுங்கிய கடப்பாரை, வாய் போன கோடாலி, கீல், கொக்கி, சங்கிலிக் கண்ணி. புதிதாகச் செய்வதைவிடப் பழுது பார்ப்பதுதான் அதிகம். இரும்பு விலை அப்படி. உடைந்த லாடத்தைக்கூட யாரும் தூக்கி எறிய மாட்டார்கள். அது அடுத்த கீலுக்கான சரக்கு.

அவனுடைய அன்றாடக் கவலை இரும்பு அல்ல, கரி. விறகை மண்ணால் மூடிப் புகைய விடும் பழைய மண்மூட்டத்தில் 100 கிலோ விறகு அடுக்கினால் 20 கிலோ கரி தேறுவதே நல்ல மூட்டம். அந்தக் கரியைப் பாக்கு அளவுக்கு உடைத்து, தூளைச் சலித்து எடுக்க வேண்டும். தூள் அதிகமானால் துருத்திக் காற்று உள்ளே ஏறாது. கட்டி பெரிதானால் இடைவெளியில் காற்று புகுந்து இரும்பைச் செதில் செதிலாகத் தின்றுவிடும். வேலைக்குச் சேர்ந்த பையனுக்கு முதல் வருடம் முழுக்க இதுதான் பாடம்: கரி உடைப்பது, துருத்தி ஊதுவது. உங்கள் உலகத்தில் காட்டைக் காக்கும் எல்ஃப்கள் இருந்தால், அவர்களுக்கும் கொல்லனுக்கும் வரும் தகராறு டிராகனைவிடச் சுவாரசியமானது. சுரங்கத்துக் குள்ளர்கள் நிலக்கரி விற்றால் அவன் தயங்குவான். காரணம் அதிலுள்ள கந்தகம். அது இரும்பில் ஏறினால், சிவக்கச் சிவக்க இருக்கும்போதே சுத்தியடியில் விரிசல் விடும்.

பட்டறை இருட்டாக இருப்பது ஏழ்மையால் அல்ல. அவனிடம் வெப்பமானி கிடையாது. நிறத்தைப் பார்த்துத்தான் சூடு தெரிய வேண்டும், வெயில் பட்டால் அது தெரியாது. மங்கிய சிவப்பு சுமார் 650 டிகிரி செல்சியஸ். அதில் அடித்தால் இரும்பு நகராது, விரிசல் விடும். ஆரஞ்சு 900-க்கு மேல், மஞ்சள் 1100-ஐ ஒட்டி. அடிக்க ஏற்றது இந்த இடைவெளி. அதற்கும் மேலே வெள்ளையை நெருங்கினால் இரும்போடு இரும்பை ஒட்டிப் பற்றவைக்கும் சூடு. அதையும் தாண்டினால் மத்தாப்பு மாதிரி பொறி தெறிக்கும்: எஃகு எரிகிறது என்று அர்த்தம். எரிந்த பகுதியை வெட்டி எறிவதைத் தவிர வழியில்லை.

எழுத்தாளர்கள் தவறவிடுவது கறுப்புச் சூட்டை. 400 டிகிரியில் இருக்கும் இரும்பு பகல் வெளிச்சத்தில் சாதாரண இரும்பு போலவே தெரியும். கொல்லன் கை சுடுவது பெரும்பாலும் ஒளிரும் இரும்பால் அல்ல, தரையில் கிடக்கும் இந்தத் துண்டால். அதனால் பட்டறையில் எதையும் தொடுமுன் புறங்கையை அருகே கொண்டுபோய்ப் பார்ப்பது பழக்கம். உங்கள் நாயகன் உள்ளே வந்ததும் ஏதோ ஒன்றை எடுத்துப் பார்ப்பதாக எழுதியிருந்தால், கொல்லன் கத்த வேண்டும்.

இரும்பை வைத்து அடிக்கும் பட்டடையின் மேல்மட்டம், நின்றபடி கையைத் தொங்கவிட்டால் விரல் முட்டிகள் தொடும் உயரத்தில் இருக்கும். உயரம் கூடினால் தோள் போகும், குறைந்தால் இடுப்பு போகும். கைச்சுத்தி ஒன்று, ஒன்றரை கிலோ. எதிரே நிற்பவன் பிடிக்கும் சம்மட்டி 4 கிலோவுக்கு மேல். கொல்லன் சின்னச் சுத்தியால் தட்டிக் காட்டும் இடத்தில் சம்மட்டி விழும். சுத்தியைப் பட்டடையின் ஓரத்தில் தட்டினால் ‘நிறுத்து’. பேச்சே வேண்டாம். ஒரு சூட்டில் கிடைக்கும் நேரம் மெல்லிய தகட்டுக்கு 15, 20 நொடி, தடித்த துண்டுக்கு ஏறக்குறைய ஒரு நிமிடம். பட்டடையில் அடித்துக்கொண்டே அவன் நீளமாக வசனம் பேசும் காட்சியை வெட்டிவிடுங்கள். இரும்பு உலையில் இருக்கும்போது பேசட்டும்.

ஒரு முழு வேலையைக் காட்ட வேண்டுமென்றால் வாளுக்குப் பதில் கோடாலியை எடுங்கள். எஃகு அருமை, வெறும் இரும்பு மலிவு. ஆகவே உடல் இரும்பு, வாய் மட்டும் எஃகு. ஒரு முழத்துக்குக் குறைந்த இரும்புப் பட்டையை நடுவில் மெலித்து, காம்பு நுழையும் கண் வரும்படி ஓர் அச்சுக்கம்பியைச் சுற்றி மடிக்க வேண்டும். இரண்டு நுனிகளும் சேரும் இடத்தில் ஆப்பு வடிவ எஃகுத் துண்டைச் செருகுவார்கள். மஞ்சள் சூட்டில் வெளியே எடுத்து, இணைப்பின் மேல் நல்ல மணலைத் தூவி, மறுபடி உலைக்குள். மணல் அங்கே இரும்பின் மேல் படிந்துள்ள செதிலோடு சேர்ந்து கண்ணாடிக் குழம்பாக உருகிவிடும். அடிக்கும்போது அழுக்கையும் கூட்டிக்கொண்டு வெளியே பீச்சும். வெங்காரம் (போராக்ஸ்) கிடைக்கும் நாட்டில் அது இன்னும் நன்றாக வேலை செய்யும்.

முதல் அடிகள் வேகமாக, ஆனால் லேசாக விழ வேண்டும். ஓங்கி அடித்தால் எஃகு வழுக்கிக்கொண்டு வெளியே போகும். நடுவிலிருந்து ஓரத்துக்கு அடித்தால்தான் குழம்பு வெளியேறும். ஓரத்திலிருந்து தொடங்கினால் அது உள்ளேயே சிக்கி, இணைப்பில் கறுப்புக் கோடாக நிற்கும். அந்தக் கோட்டில்தான் பிறகு மரம் வெட்டும்போது வாய் பிளக்கும். இன்னொரு தொல்லை: இரும்பு தாங்கும் சூட்டை எஃகு தாங்காது. இரண்டையும் ஒரே உலையில் வைத்து, இரும்பு பற்றும் நிலைக்கு வர, எஃகு எரியாமல் காப்பதுதான் இந்தத் தொழிலின் கஷ்டமான இடம். மந்திரம் சேர்க்க விரும்பினால் இங்கே சேர்த்துக்கொள்ளுங்கள். ஒரு துண்டின் இரு பகுதிகளை இரு வேறு சூட்டில் நிறுத்தும் மந்திரம் தெரிந்தவன் எந்த ஊரிலும் பிழைத்துக்கொள்வான்.

அடுத்தது தோய்ச்சல், அதாவது சூடான எஃகைச் சட்டென்று குளிரவைத்துக் கடினமாக்குவது. வாயைச் சூடேற்றி, காந்தக்கல் ஒட்டாமல் போகிறதா என்று பார்க்கலாம்; இரும்பு சுமார் 770 டிகிரியில் காந்தத்தை இழக்கும். அதைக் கொஞ்சம் தாண்டியதும் தண்ணீரில் நேர்க்குத்தாக இறக்கி, மேலும் கீழும் ஆட்ட வேண்டும். பக்கவாட்டில் துழாவினால் ஒரு பக்கம் முந்திக் குளிர்ந்து அலகு கோணும். தண்ணீர் மேலும் சூடாவதால் அடுத்தடுத்த தோய்ச்சல் ஒரே மாதிரி வராது. உப்புத் தண்ணீர், சூடான இரும்பைச் சுற்றி எழும் ஆவித்திரையை உடைத்துச் சீக்கிரம் குளிரவைக்கும், ஆனால் விரிசல் அபாயமும் கூடும். கரிமம் கூடிய அலகுக்கு எண்ணெய்தான் பத்திரம். தொட்டிக்குள் ‘டிக்’ என்று ஒரு சத்தம் கேட்டால் எல்லோரும் மௌனமாகிவிடுவார்கள். விரிசல். அத்தனை நாள் கரியும் போச்சு.

தோய்ச்ச எஃகு கண்ணாடிக் குணத்தில் இருக்கும். கீழே விழுந்தாலே உடையலாம். அதனால் வாயைக் கல்லில் தேய்த்துப் பளிச்சிட வைத்து, உடலில் மிச்சமிருக்கும் சூடு வாய்க்கு ஊர்ந்து வரும்போது தோன்றும் நிறங்களைக் கவனிப்பார்கள். வெளிர் மஞ்சள் சுமார் 225 டிகிரி, சவரக்கத்திக்கு. பழுப்பு ஊதாவாகும் 270-ஐ ஒட்டிய இடம் கோடாலிக்கு. நீலம், 300 அளவில், வளைந்து நிமிர வேண்டிய வாளுக்கும் வில்தகட்டுக்கும். சரியான நிறம் வந்த நொடியில் திரும்ப நனைக்க வேண்டும். கொஞ்சம் தாமதித்தால் மெதுமெதுப்பாகிவிடும், தோய்ச்சலை முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

12-ம் நூற்றாண்டுத் துறவி தியோஃபிலஸ், மூன்று நாள் பட்டினி போட்டு, பிறகு பெரணிச் செடி மட்டும் தின்னக் கொடுத்த ஆட்டின் மூத்திரத்திலோ சிவப்பு முடிச் சிறுவனின் மூத்திரத்திலோ தோய்க்கச் சொல்லி எழுதி வைத்திருக்கிறார். உப்புக் கரைசல் என்ற அளவில் அது வேலை செய்யவே செய்யும். மாயாஜாலம் வேண்டுமென்றால் இதைவிட நல்ல சடங்கு கிடைக்காது. சிவப்பு முடிச் சிறுவர்களுக்கு ஊரில் என்ன கிராக்கி என்பதை நீங்களே கற்பனை செய்துகொள்ளுங்கள்.

கொல்லனின் வேலை பருவத்துக்கு ஏற்ப மாறும்: உழவுக்கு முன் கொழு, அறுப்புக்கு முன் அரிவாள், மழைக்காலத்தில் ஆணி. ஆணியைக் குறைவாக நினைக்காதீர்கள். பொருளியல் அறிஞர் ஆடம் ஸ்மித் 1776-ல் எழுதியபடி, ஆணியையே தொழிலாகக் கொண்ட, இருபது வயது நிரம்பாத பையன்கள் ஒரு நாளில் 2,300-க்கு மேல் அடித்தார்கள். ஆணி அடித்துப் பழகாத சாதாரணக் கொல்லன் 200, 300-ஐத் தாண்டமாட்டான். வண்டிச் சக்கரத்தைச் சுற்றிப் போடும் இரும்புப் பட்டா தனி நாள் வேலை. 1.2 மீட்டர் விட்டமுள்ள சக்கரத்தின் சுற்றளவு சுமார் 3.77 மீட்டர், பட்டாவை 400 டிகிரி சூடேற்றினால் ஏறக்குறைய 18 மில்லிமீட்டர் நீளும். எனவே சக்கரத்தின் சுற்றளவைவிடப் பத்துப் பன்னிரண்டு மில்லிமீட்டர் குறைத்து வளையம் செய்து, தீயில் வாட்டி, மூன்று பேர் குறடு பிடித்து இறக்கி, உடனே தண்ணீர் ஊற்றுவார்கள். குறைத்தது அதிகமானால் ஆரக்கால்கள் முறியும். போதாவிட்டால் கோடையில் மரம் காய்ந்ததும் பட்டா கழன்று ரோட்டில் ஓடும்.

சரி, டிராகன். சூடு அதிகம் என்பது கொல்லனுக்கு லாபமில்லை. கரி உலையே எஃகை எரித்துவிடும் அளவு சூடு தரும். அவனுக்குத் தேவை சீரான, நிறுத்தி வைக்கக்கூடிய சூடு. சீறும் டிராகன் வாளைப் பாழாக்கும். தாதுவிலிருந்து இரும்பு பிரிக்கும் பெரிய உலைக்கு வேண்டுமானால் அது உதவும். அங்கும் வெறும் சூடு போதாது, தாதுவின் ஆக்சிஜனைப் பறிக்கக் கரி வேண்டும். காற்றுத் தெய்வம் வைத்திருந்தால் இன்னும் நம்பும்படி எழுதலாம்: இலங்கையின் சமனலவெவயில், துருத்தியே இல்லாமல், பருவக்காற்றை நேராக வாங்கும்படி மலைச்சரிவில் கட்டிய உலைகள் உண்மையாகவே இருந்தன.

வாளில் மந்திர எழுத்தைத் தோய்ச்சலுக்கு முன் ஆழமாக, கூர்மூலைகளோடு வெட்டினால் விரிசல் அங்கிருந்துதான் தொடங்கும். ‘உல்ஃப்பெர்ட்’ என்ற பெயர் பொறித்த இடைக்கால ஐரோப்பிய வாள்களில் இரும்புக் கம்பியை எழுத்தாக வளைத்து, சூட்டில் அலகோடு சேர்த்து அடித்திருந்தார்கள். அதைப் பின்பற்றுங்கள்.

விண்கல் வாளா? 1621-ல் பஞ்சாபின் ஜலந்தர் பக்கம் விழுந்த விண்கல்லை முகலாய மன்னர் ஜஹாங்கீர், உஸ்தாத் தாவூத் என்ற கொல்லரிடம் கொடுத்தார். சுத்தியடியில் அது சிதறியது. மூன்று பங்கு விண்ணிரும்போடு ஒரு பங்கு சாதாரண இரும்பைச் சேர்த்தபின்தான் இரண்டு வாளும் ஒரு கத்தியும் ஒரு குத்துவாளும் தேறின. தென்னிந்தியாவில் மூசை என்ற மண்பாத்திரத்தில் உருக்கிய எஃகும் அப்படித்தான்: கரிமம் 1.5 சதவீதத்தை ஒட்டி இருந்ததால், தங்கள் வழக்கப்படி வெள்ளைச் சூட்டில் அடித்த ஐரோப்பியக் கொல்லர் கையில் அது பொடிந்தது. உங்கள் ஊர்க் கொல்லனிடம் நாயகன் இப்படி ஒரு கட்டியைக் கொண்டுவந்தால், அவன் முதலில் ஒரு சின்னத் துண்டை வெட்டி, குறைந்த சூட்டில் அடித்துப் பார்ப்பான். பிறகுதான் கூலி பேசுவான். அதையும் அறுவடைக்குப் பிறகு தானியமாகத்தான் வாங்குவான்.