அம்மாவின் கல்லறைக்கு எந்தச் சிலுவை?

கேள்வி: சுங்கை சிப்புட் பக்கம் ரப்பர் தோட்டத்தில் இருந்தவர்கள் நாங்கள். அம்மா கடைசிவரை கத்தோலிக்கர். நான் கல்யாணத்துக்குப் பிறகு மெதடிஸ்ட் சபைக்குப் போகிறேன். அம்மாவின் கல்லறைக்கு வெறும் சிலுவை போதும் என்று நினைத்தேன். "பாடுபட்ட சுரூபம் இல்லாவிட்டால் ஃபாதர் மந்திரிக்க மாட்டார், எருசலேமில் மந்திரித்தது என்னிடம் இருக்கிறது, விலைதான் கூட" என்கிறார் கல் ஏஜென்ட். உண்மையா?

பதில்: இல்லை, சகோதரி. வெறும் சிலுவையையும் ஃபாதர் மந்திரிப்பார், அதாவது ஆசீர்வதிப்பார்.

பாடுபட்ட சுரூபம், அதாவது அறையப்பட்ட இயேசுவின் உருவம், உள்ள சிலுவை அவர் பட்ட பாட்டை முன்னால் வைக்கிறது. உருவம் இல்லாதது அவர் உயிர்த்ததை. கத்தோலிக்கர் முதலாவதையும் மெதடிஸ்ட்காரர்கள் இரண்டாவதையும் அதிகம் வைப்பார்கள், அவ்வளவுதான். வெறும் சிலுவை கத்தோலிக்கருக்கு ஆகாது என்பவரைச் சென்னைப் பரங்கிமலைக்கு அனுப்ப வேண்டும். 1547இல் போர்த்துக்கீசியர் அங்கே கண்டெடுத்த கல்சிலுவையில் இயேசுவின் உருவம் கிடையாது. அது இன்றும் அந்த மலைக் கோயிலில்தான் இருக்கிறது.

ஏஜென்ட் இதை எங்கே பிடித்தார் என்பதும் தெரிகிறது. சுரூபம் கட்டாயமான இடம் ஒன்று உண்டு: பீடம். திருப்பலி பீடத்தின் மேலோ பக்கத்திலோ பாடுபட்ட சுரூபம் உள்ள சிலுவை, சனங்கள் பார்க்கும்படி இருக்க வேண்டும் என்பது பூசைக்கான பொது விதி. வீட்டுச் சுவருக்கு அந்த விதி இல்லை, கழுத்துச் சங்கிலிக்கு இல்லை, கல்லறைக்கும் இல்லை. கல்லறைத் திருநாளன்று இடுகாட்டிலேயே பூசை வைத்தால், அன்றைக்குப் போடும் பீடத்தில் சுரூபம் வேண்டும். உங்கள் அம்மாவின் கல்லில் அல்ல.

எருசலேம் சங்கதிக்கு மயங்காதீர்கள். ஒலிவ மரம் என்பார், சான்றிதழ் காட்டுவார். மரத்துக்கும் கல்லுக்கும் விலை உண்டு. மந்திரிப்புக்கு விலை வைப்பதைத் திருச்சபை பாவம் என்றே சொல்கிறது. சாதாச் சிலுவையை வாங்கி ஃபாதரிடம் கொண்டுபோங்கள்.

அவருடைய கேட்டலாக்கில் அழகைப் பார்த்தும் எடுத்துவிடாதீர்கள். நேராக மூன்று குறுக்குக்கட்டை இருந்தால் போப்பாண்டவருடைய சின்னம். கீழ்க்கட்டை சாய்ந்திருந்தால் ரஷ்ய ஆர்த்தடாக்ஸ் வழக்கம். தலைகீழ்ச் சிலுவை சாத்தானுடையது என்று வாட்சாப்பில் வரும். அது பேதுருவுடையது, அவரைத் தலைகீழாக அறைந்தார்கள் என்பது மரபு. ஆனாலும் வைக்காதீர்கள், தாமான் முழுக்கப் பேசும்.

என்னைக் கேட்டால், அம்மா கத்தோலிக்கராகவே வாழ்ந்து போனவர், சுரூபம் உள்ளதையே வைப்பேன். ஏஜென்ட் மிரட்டியதற்காக அல்ல.

ஒன்று மட்டும் முதலில் செய்யுங்கள். கல்லுக்கு உயர, அகல அளவு உண்டா என்று இடுகாட்டைப் பார்த்துக்கொள்ளும் ஆபீசில் கேட்டு, எழுத்தில் வாங்குங்கள். கிளார்க் செயலாளரைக் காட்டுவார், செயலாளர் கமிட்டியைக் காட்டுவார், கமிட்டி அடுத்த மாதம் கூடும். இதையெல்லாம் ஒரு தாளில் எழுதி நோட்டிஸ் பலகையில் ஒட்ட எத்தனை நேரம் ஆகும்? ஒட்டியிருந்தால் இந்த ஏஜென்டுகளில் பாதிப் பேருக்குப் பிழைப்பே இருக்காது. அந்தத் தாள் கைக்கு வரும்வரை ஒரு வெள்ளிகூட முன்பணம் கொடுக்க வேண்டாம்.