சியெனாவுக்கு வழிகாட்டி தேவையா? – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

உங்கள் இத்தாலிப் பயணக் குறிப்புகளை வாசித்த பிறகுதான் ஃப்ளோரன்ஸோடு சியெனாவையும் எங்கள் திட்டத்தில் சேர்த்தேன். செப்டம்பர் கடைசியில் போகிறோம். நான், கணவர், பதினொரு வயது மகன், அத்தை என்று நான்கு பேர். சியெனாவுக்கு ஒரே ஒரு பகல்தான் ஒதுக்க முடிந்தது. எங்களுக்கு மட்டுமாக ஒரு வழிகாட்டியை அமர்த்திக்கொண்டு ஊரை நடந்து பார்க்கலாம் என்பது என் ஆசை. கணவர் ஒத்துக்கொள்ளவில்லை. "ரெண்டு மூணு மணி நேரத்துக்கு இவ்வளவு காசா? எல்லாம் போன்லயே இருக்கு, காதுல மாட்டிக்கிட்டு நடந்தா போச்சு" என்கிறார். நம் கோயில்களில் கேட்காமலே கூட வந்து, தூணைத் தட்டி ஸ்வரம் காட்டிவிட்டு ஐநூறு ரூபாய்க்கு நிற்பவர்களைப் பார்த்துப் பார்த்து எனக்கும் உள்ளூரப் பயம்தான். "ஒரு ஊரில் தொலைந்து திரிந்தால்தான் அதன் ருசி தெரியும்" என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அத்தைக்கு மூட்டுவலி வேறு. என்ன செய்யலாம்?

ஒரு வாசகி, கோவை

அன்புள்ள வாசகிக்கு,

தொலைந்து திரிவதைப் பற்றி நான் எழுதியது உண்மை. அதை எழுதும்போது கையில் நான்கு நாட்கள் இருந்தன என்பதை எழுதாமல் விட்டுவிட்டேன். ஒரு பகலில் தொலைந்தால் தொலைந்ததுதான்.

உங்கள் பயமும் நியாயமானதுதான். நான் முதல் தடவை சியெனாவைப் பார்த்தது ஒரு பேருந்துக் கூட்டத்தோடு. காலையில் ஃப்ளோரன்ஸில் ஏற்றி, சியெனா, சான் ஜிமிஞானோ, பைசா மூன்றையும் ஒரே நாளில் காட்டி இரவு கொண்டுவந்து இறக்கிவிடுவோம் என்றார்கள். ஐம்பது பேர். ஆளுக்கொரு காதொலிக் கருவி. முன்னால் ஒருவர் மஞ்சள் குடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நடக்க, பின்னால் நாங்கள் வாத்துக் கூட்டம் மாதிரி போனோம். என் காதில் பாதி நேரம் இரைச்சல், மீதி நேரம் ஆண்டுகள். பெரிய சதுக்கத்தில் பத்து நிமிடம் விட்டுவிட்டு, ஒரு தோல்பொருள் கடையில் அரை மணி நேரம் உட்காரவைத்தார்கள். மொத்தத்தில் சியெனாவைப் பற்றி எனக்கு மிஞ்சிய ஞாபகம் அந்தக் குடைதான்.

இரண்டாம் தடவை நண்பர்கள் நான்கு பேர் சேர்ந்து உள்ளூர்ப் பெண் ஒருவரை அமர்த்தினோம். ஐம்பது வயதைத் தாண்டியவர், பிறந்ததிலிருந்தே அந்த ஊர். காம்போ சதுக்கத்தில் காலை ஒன்பது மணிக்குச் சந்திப்பதாக ஏற்பாடு. நான் கொஞ்சம் முன்னாலேயே போய், வழியில் ஒரு கடையில் அழகான பட்டுக் கழுத்துத் துண்டு ஒன்றை வாங்கிக் கட்டிக்கொண்டு நின்றேன். சிவப்பும் மஞ்சளும் கலந்து நடுவில் ஒரு நத்தை. வந்தவர் எல்லோருக்கும் கைகொடுத்தார், என் கழுத்தைப் பார்த்தார், சிரித்துக்கொண்டே, "நாம் நண்பர்களாக இருக்க வேண்டுமென்றால் அதைப் பைக்குள் வைத்துவிடுங்கள்" என்றார்.

அவர் ஆமை.

சியெனாவின் பழைய ஊர் 17 பேட்டைகளாகப் பிரிந்து கிடக்கிறது. கொன்த்ராதா என்பார்கள். கழுகு, ஆந்தை, ஒட்டகச்சிவிங்கி, முள்ளம்பன்றி, கம்பளிப்பூச்சி, வாத்து என்று பெரும்பாலும் விலங்குப் பெயர்கள். அலை, கோபுரம், காடு என்றும் உண்டு. 1730இல் அப்போதைய ஆளுநரான பவேரியாவின் வியோலாந்தே பெயாத்ரீச்சே எல்லை வகுத்துக் கொடுத்தார், இன்றும் அதே எல்லைதான். தெருமுனைகளில் ஆள் உயரத்துக்கு மேலே கையகலப் பலகை ஒன்று பதித்திருக்கும், அதில் அந்தப் பேட்டையின் விலங்கு. அதற்கு அடியில் நின்று ஒரு காலை இந்தப் பக்கமும் ஒரு காலை அந்தப் பக்கமும் வைத்து, "இப்போது என் வலது கால் பகைநாட்டில் இருக்கிறது" என்றார். ஆமைக்கும் நத்தைக்கும் அடுத்தடுத்த பேட்டை, தலைமுறை தலைமுறையாக ஆகாது. நத்தைக்காரர்களுக்கு 'புனிதரை மூழ்கடித்தவர்கள்' என்று ஒரு பட்டப்பெயர் இருக்கிறது. பந்தயத்தில் தோற்ற ஆத்திரத்தில் புனித அந்தோணியாரின் சிலையைக் கிணற்றில் போட்டார்களாம். இதைச் சொல்லும்போது அவர் முகத்தில் தெரிந்த சந்தோஷத்தை எந்தப் போனும் தராது.

பந்தயம் என்றது பாலியோ. ஜூலை 2, ஆகஸ்ட் 16 ஆகிய இரண்டு நாட்களும் காம்போ சதுக்கத்தைச் சுற்றி மண் கொட்டி குதிரைப் பந்தயம் விடுகிறார்கள். 17 பேட்டைகளில் ஒரு தடவைக்குப் பத்து மட்டும் ஓடும். சேணம் கிடையாது. மூன்று சுற்று, ஒன்றரை நிமிடத்துக்குள் முடிந்துவிடும். நடுவழியில் ஆள் விழுந்துவிட்டாலும் குதிரை மட்டும் முதலில் வந்தால் வெற்றிதான். பரிசு பணம் இல்லை, ஓவியம் தீட்டிய ஒரு பட்டுக்கொடி. அதை இவர்கள் செல்லமாகக் 'கந்தல்' என்கிறார்கள். பந்தயத்தன்று ஒவ்வொரு பேட்டையும் தன் குதிரையைத் தன் கோயிலுக்குள்ளேயே அழைத்துப் போகும். பாதிரியார் ஆசீர்வதித்து, "போ, வென்று திரும்பி வா" என்பார். குதிரை அங்கேயே சாணி போட்டுவிட்டால் நல்ல சகுனம். உங்கள் பையனுக்கு இந்த ஒன்று போதும், ஊர் முழுக்க விலங்கு தேடிக்கொண்டே நடப்பான். இன்னொன்றையும் அந்த அம்மா சொன்னார்: எதிரிப் பேட்டைகளைச் சேர்ந்தவர்கள் கல்யாணம் செய்துகொள்வது உண்டு, ஆனால் பாலியோ நாட்களில் பெண்டாட்டி தாய்வீட்டுக்குப் போய்விடுவாள். அவர் தோழி ஒருத்தி வருஷா வருஷம் ஜூலையில் பெட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்புகிறாளாம்.

இதெல்லாம் போனிலும் இருக்கிறது என்பார் உங்கள் கணவர். இருக்கிறதுதான். ஆனால் கண்ணுக்குத் தெரிவதைச் சொல்ல எனக்கு ஆள் வேண்டாம். அங்கே இல்லாததைக் காட்டத்தான் ஆள் வேண்டும். பேராலயத்தின் பக்கவாட்டில் ஒரு வெட்டவெளி இருக்கிறது. நான் முதல் தடவை அதைக் குறுக்கே கடந்துதான் கழிப்பறை தேடிப் போனேன். இரண்டாம் தடவை அந்த அம்மா எங்களை அதன் நடுவில் நிறுத்தி, "நீங்கள் இப்போது கோயிலுக்குள் நிற்கிறீர்கள்" என்றார். சுற்றிப் பார்த்தோம். ஒரு பக்கம் வானத்தில் தனியாக நிற்கும் ஒரு பிரம்மாண்டமான சுவர். அதில் ஜன்னல் இருக்க வேண்டிய இடத்தில் ஓட்டை, அதற்குள் ஆகாயம். பக்கத்தில் பாதியில் நின்ற வளைவுகள்.

1339இல் சியெனாக்காரர்கள், இருக்கும் பேராலயம் போதாது, இன்னும் பெரிதாகக் கட்டுவோம் என்று ஆரம்பித்தார்கள். பழைய கோயில் முழுவதும் புதியதற்கு வெறும் குறுக்குக் கூடமாக ஆகிவிடும் என்பது கணக்கு. ஃப்ளோரன்ஸைத் தலைகுனிய வைக்கும் ஆசை. 1348இல் கொள்ளைநோய் வந்தது. சியெனாவின் வரலாற்றெழுத்தாளர் ஆஞோலோ டி தூரா, தன் ஐந்து பிள்ளைகளையும் தன் கையாலேயே புதைத்ததாக எழுதி வைத்திருக்கிறார். அதற்கப்புறம் யார் கோயில் கட்டுவது? கட்டிய தூண்களும் பாரம் தாங்காது என்று தெரிந்து, 1357இல் கொஞ்சம் இடித்தார்கள். மிச்சம்தான் அந்தச் சுவர். உள்ளூரில் அதற்குப் பெயர் 'ஃபாச்சாதோனே', பெரிய முகப்பு. அந்தச் சுவரைப் பார்த்தபடி எங்கள் நால்வரில் ஒருவரும் கொஞ்ச நேரம் பேசவில்லை. அந்த அம்மாவும் பேசாமல் இருந்தார். பேசாமல் இருக்கத் தெரிந்த வழிகாட்டி அபூர்வம்.

ஊரின் தண்ணீர்க் கதையும் கண்ணுக்குத் தெரியாததுதான். மலைமேல் இருக்கிற ஊர், ஆறு கிடையாது. பாறையைக் குடைந்து, 'பொத்தினி' என்ற சுரங்கக் கால்வாய்களை ஏறக்குறைய 25 கிலோமீட்டருக்கு வெட்டி, கசியும் நீரைச் சேர்த்து ஊருக்குள் கொண்டுவந்தார்கள். தரைக்கு அடியில் தியானா என்று ஒரு ஆறு ஓடுவதாக நம்பித் தோண்டி ஏமாந்ததைக் கவிஞர் தாந்தே கிண்டலே செய்திருக்கிறார். மேட்டிலிருந்து இறங்கினால் ஃபோந்தேபிராந்தா என்ற பழைய நீரூற்று வரும். முதல் தொட்டி குடிக்க, அதிலிருந்து வழிவது மாடு குதிரைக்கு, அதிலிருந்து வழிவது துணி துவைக்க. சாயம் போடுகிறவர்களும் தோல் பதனிடுகிறவர்களும் அந்தப் பக்கம்தான் இருந்தார்கள். புனித கத்தரீனா அங்கே ஒரு சாயக்காரரின் மகளாக 1347இல் பிறந்தவர். ஆனால் அத்தையை அங்கே இறக்காதீர்கள், திரும்ப ஏறும்போது உங்கள் பயணமே கசந்துவிடும்.

மூட்டுவலி என்ற ஒரு காரணத்துக்காகவே நான் தனி வழிகாட்டியைச் சிபாரிசு செய்வேன். பதிவு செய்யும்போதே சொல்லிவிடுங்கள்: செங்குத்தான சந்து வேண்டாம், இருபது நிமிடத்துக்கு ஒரு தரம் உட்கார இடம் வேண்டும், பையனுக்குக் குதிரைக் கதை வேண்டும். குடைக்காரரிடம் இதைக் கேட்க முடியாது. ரயிலில் போனால் நிலையம் மலையடிவாரத்தில் இருக்கிறது. எதிரிலிருந்து நகரும் படிக்கட்டுகள் வடக்கு வாசல் பக்கம் வரை ஏற்றிவிடும், ஆனால் அங்கிருந்து மையத்துக்கு இன்னும் நல்ல நடை. பேருந்து மேலேயே, மையத்துக்குப் பக்கத்தில் விட்டுவிடும். உங்களுக்குப் பேருந்துதான்.

காசு விஷயம். தனி வழிகாட்டிகள் பெரும்பாலும் தலைக்கு இவ்வளவு என்று வாங்குவதில்லை, குழுவுக்கு இவ்வளவுதான். நான்கு பேருக்குப் பகிர்ந்து பார்த்தால் கணவர் கொஞ்சம் இறங்கி வரலாம். அருங்காட்சியக, பேராலய நுழைவுச்சீட்டு அதில் சேராது, முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். இத்தாலியில் வழிகாட்டி வேலைக்குத் தேர்வும் உரிமமும் உண்டு. 2023இல் நாடு முழுவதற்குமாகப் புதுச் சட்டமே வந்தது. உரிம அட்டையைக் காட்டச் சொல்லிக் கேட்டால் யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். குழுவைக் கூட்டிக்கொண்டு போய் வருகிற ஆள் வேறு, இடத்தை விளக்குகிற வழிகாட்டி வேறு. என்னை முதலில் கூட்டிப் போன குடைக்காரர் முதல் வகை என்று இப்போது சந்தேகிக்கிறேன். அப்புறம், நேரம்: காலை இரண்டு மணி நேரம் போதும். மூன்றாவது மணியில் அத்தைக்கு மட்டுமில்லை, உங்களுக்கும் காது அடைத்துவிடும்.

மீதிப் பகலில் போனும் காதுமாகத் தாராளமாகத் திரியட்டும் உங்கள் கணவர். பேராலயத்தின் தரையில் 56 பளிங்குச் சித்திரங்கள் இருக்கின்றன. வருடத்தில் சில மாதங்கள்தான் முழுவதையும் திறந்து வைப்பார்கள். செப்டம்பர் கடைசியில் பெரும்பாலும் திறந்திருக்கும், இருந்தாலும் தேதியைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள். காம்போவின் செங்கல் தரை ஒன்பது துண்டுகளாக விசிறி போல விரிந்து சரிகிறது. அந்த ஊரை 1287 முதல் 1355 வரை ஆண்ட ஒன்பதின்மர் சபையின் அடையாளம் அது. அதில் எல்லோரும் சும்மா உட்கார்ந்திருப்பார்கள், சிலர் படுத்திருப்பார்கள். நீங்களும் உட்காருங்கள்.

எதிரே நகர மாளிகை. பக்கத்தில் மாஞ்சா கோபுரம். பழைய மணியடிப்பவர் ஒருவர் சம்பாதித்ததையெல்லாம் தின்றே தீர்த்தாராம், அவருடைய பட்டப்பெயர்தான் கோபுரத்துக்கு. நானூறு படி, பையனும் அப்பாவும் ஏறட்டும். நீங்களும் அத்தையும் மாளிகைக்குள் போங்கள். அந்த ஒன்பதின்மர் கூடிய அறையில் அம்ப்ரோஜோ லொரென்செத்தி 1338–39இல் தீட்டிய சுவரோவியங்கள் இருக்கின்றன. நல்லாட்சி நடக்கும் ஊர் ஒரு சுவரில், கெட்ட ஆட்சி எதிரே. நல்லாட்சிப் பக்கம் நகர வாசலுக்கு மேலே, 'பாதுகாப்பு' என்ற பெண் சிறகோடு மிதக்கிறாள். ஒரு கையில் நீளமான ஓலை, 'பயமின்றி ஒவ்வொருவரும் தாராளமாக நடந்து போகட்டும்' என்று தொடங்குகிறது. மறு கையில் ஒரு சின்ன தூக்குமரம், அதில் ஒருவன் தொங்குகிறான். ஓலையை மட்டும் படித்துவிட்டு நகர இருந்த என்னை அந்த அம்மா தோளைத் தொட்டு நிறுத்தி, மறு கையைக் காட்டினார். வரைந்தவரும் அதே கொள்ளைநோயில்தான் இறந்திருக்க வேண்டும் என்கிறார்கள்.

ஆக, என் ஓட்டு உங்களுக்குத்தான். மகனுக்குக் கழுத்துத் துண்டு கட்டாயம் வாங்கிக் கொடுங்கள், ஆனால் வழிகாட்டி எந்தப் பேட்டைக்காரர் என்று தெரிந்துகொண்ட பிறகு. என்னுடைய நத்தை இன்னும் பைக்குள்தான் இருக்கிறது.