கொடைக்கானல் கீழ்மலையில் காப்பி வறுக்கும் தொழில் தொடங்க 8 லட்சம் போதுமா?

தாண்டிக்குடிப் பக்கத்தில் காப்பி வறுத்து அரைத்து விற்கும் தொழில் தொடங்கப்போவதாகவும், கையில் 8 லட்சம் ரூபாய் இருப்பதாகவும், வளரும் நாடுகளில் சிறுதொழில்கள் மூடப்படுவதற்குக் கைமுதல் போதாமையே காரணம் என்று மேலாண்மை வகுப்பில் சொல்லிக்கொடுத்ததால் அந்தத் தொகை போதுமா என்ற அச்சம் இருப்பதாகவும் எழுதியிருக்கிறீர்கள். அதே தொழிலை நான் பண்ணைக்காட்டில் 2019 முதல் செய்துவருகிறேன். நான்கு ஏக்கர் அராபிகா காப்பித் தோட்டமும் உண்டு. 8 லட்சத்துக்கும் குறைவாகவே தொடங்கினேன். ஆனாலும், தொடங்கிய முதலின் அளவு என்னை ஒருநாளும் வருத்தியதில்லை. விற்ற சரக்குக்குரிய பணம் எப்போது திரும்பி வரும் என்பதைக் கணக்கில் எடுக்காததுதான் 2022-இல் என்னைத் தொழிலை மூடும் நிலைக்குக் கொண்டுவந்தது. ஆகவே உங்கள் கேள்விக்கு என் பதில், அந்த ஓராண்டின் கதைதான்.

முதலில் இந்தத் தொழிலின் காலக்கணக்கைச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் வெளியூரிலிருந்து வருகிறவர்கள் இதைக் கவனிப்பதில்லை. கீழ்மலையில் அராபிகா பழம் பெரும்பாலும் கார்த்திகையில் தொடங்கி மாசி வரைக்கும் எடுக்கப்படும். ஓராண்டு முழுவதும் விற்கவேண்டிய காப்பியை அந்த நான்கு மாதங்களுக்குள் நாம் வாங்கி வைத்துக்கொள்ள வேண்டும். பழத்தோலை நீக்கும் பல்பரில் போட்டுக் கழுவி, களத்தில் ஓட்டோடு காயவைத்த கொட்டையான பார்ச்மெண்டு 100 கிலோ வாங்கினால், ஓடு நீக்கிய பின் ஏறத்தாழ 80 கிலோ பச்சைக் கொட்டை கிடைக்கும். வறுக்கும்போது அதிலும் 15 முதல் 20 விழுக்காடு எடை போய்விடும். ஆகவே 66 கிலோ தூளுக்காக 100 கிலோவுக்குப் பணம் கொடுக்கிறோம். அதையும் பல மாதங்கள் முன்னதாகவே கொடுக்கிறோம்.

முதல் இரண்டு ஆண்டுகளில் நான் விற்றது வத்தலக்குண்டு, நிலக்கோட்டை, திண்டுக்கல் ஆகிய ஊர்களின் டீக்கடைகளுக்கும் மெஸ்களுக்கும்தான். "இன்று ரொக்கம் நாளை கடன்" என்ற பலகையைத் தொங்கவிட்டிருந்த அந்தக் கடைக்காரர்கள், 5 கிலோ வாங்கினாலும் கையோடு பணத்தை எண்ணிக் கொடுத்தார்கள். கொரோனா காலத்தில் கடைகள் அடைத்துக் கிடந்தபோதுகூட அவர்களிடம் எனக்கு நின்ற பாக்கி 4,000 ரூபாயைத் தாண்டவில்லை. இதை அழுத்திச் சொல்வதற்குக் காரணம், சிறிய கடைக்காரரை நம்பக்கூடாது, பெரிய நிறுவனம்தான் பாதுகாப்பு என்ற எண்ணம் எனக்கு அப்போது உறுதியாக இருந்தது.

2021 மார்கழியில் ஒரு நகரத்தில் ஏழு கிளைகள் வைத்திருந்த உணவக நிறுவனத்திலிருந்து அழைப்பு வந்தது. மாதம் 300 கிலோ, காப்பி 80 சிக்கரி 20 என்ற கலவை, கிலோ 520 ரூபாய், பணம் 45 நாளில் தருவோம் என்றார்கள். ஜி.எஸ்.டி. பில் வேண்டும் என்றதால், பதிவு கட்டாயமாகும் 40 லட்சம் விற்றுமுதல் வரம்புக்கு மிகவும் கீழே இருந்த நான் அவர்களுக்காகவே பதிவு செய்துகொண்டேன். ஒரு மாதத்து பில் 1,56,000 ரூபாய், அதன்மேல் 5 விழுக்காடு வரி 7,800, மொத்தம் 1,63,800. எனக்குக் கிலோவுக்கு 80 ரூபாய் நிற்கும் என்று கணக்கு, அதாவது மாதம் 24,000. அன்று இரவு அந்தக் கணக்கை நோட்டில் எழுதி என் மனைவியிடம் காட்டியது நன்றாக நினைவிருக்கிறது.

முதல் பில் ஜனவரி 1, இரண்டாவது பிப்ரவரி 1, மூன்றாவது மார்ச் 1. முதல் பில்லுக்குரிய பணம் பிப்ரவரி நடுவில் வந்திருக்க வேண்டும். வந்தது மார்ச் 20 அன்று, அதாவது 78-ஆம் நாள். அன்று காலை வரை அவர்களிடம் நின்ற தொகை 4,91,400 ரூபாய். வராத பணத்துக்கான வரியை நான் அடுத்தடுத்த மாதங்களில் 20-ஆம் தேதிக்குள் அரசுக்குக் கட்டிக்கொண்டிருந்தேன். சிக்கரிக்கும் பைகளுக்கும் கொடுத்த வரியைக் கழித்த பிறகும் பெரும்பகுதி என் கையிலிருந்துதான் போனது.

இவை யாவும் நடந்தது பழம் எடுக்கும் பருவத்தில். 2021 ஜூலையில் பிரேசிலில் உறைபனி விழுந்ததால் உலகச் சந்தையில் அராபிகா விலை ஏறியிருந்தது. வியாபாரிகள் ஜீப்பில் மேலே வந்து களத்திலேயே ரொக்கம் கொடுத்துப் பார்ச்மெண்டை ஏற்றிக்கொண்டு போனார்கள். எனக்கு எப்போதும் சரக்குக் கொடுக்கும் அக்கா ஒருவர், பிப்ரவரி மூன்றாவது வாரத்தில் இரண்டு மூட்டைகளைக் கொண்டுவந்து என் தராசின் பக்கத்தில் வைத்தார். கொட்டையை எடுத்துக் கடித்துப் பார்த்தேன், நன்றாகக் காய்ந்து பல்லுக்குக் கடினமாக இருந்தது. பணம் அடுத்த வாரம் தரட்டுமா என்று கேட்டேன். "தம்பி, சனிக்கிழமை ஆளுகளுக்குக் கூலி குடுக்கணும்ப்பா. அடுத்த வாரம்னு நான் அவங்ககிட்ட என்னத்தச் சொல்றது?" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. பிறகு மூட்டைகளை ஒவ்வொன்றாக வாசல் வரை தள்ளிக்கொண்டு போய், அந்த வழியே வந்த ஜீப்பை நிறுத்தி ஏற்றிவிட்டார். அதற்கு உதவி செய்யக்கூட எனக்குக் கை எழவில்லை. மறுநாள் மனைவியின் எட்டுப் பவுன் நகையை வைத்து 2 லட்சம் வாங்கினேன்.

ஒப்பந்தம் எழுதாமல் சரக்குக் கொடுத்தது உன் தவறுதானே என்று இதைப் படிக்கும் பட்டயக் கணக்காளர்கள் கேட்பார்கள். கொள்முதல் ஆணை இருந்தது, அதில் 45 நாள் என்று அச்சிட்டும் இருந்தது. ஆனால் அந்தக் காகிதத்தை எடுத்துக்கொண்டு 3 லட்சத்துக்காக உரிமையியல் நீதிமன்றத்தில் எத்தனை ஆண்டுகள் நடப்பது என்பதை அவர்களும் அறிந்திருந்தார்கள், நானும் அறிந்திருந்தேன். ஏன் உடனே நிறுத்தவில்லை என்றும் கேட்கலாம். நிறுத்தினால் பழைய பாக்கி வராது என்ற பயம்தான் காரணம், அதனால்தான் ஏப்ரலிலும் 300 கிலோ அனுப்பினேன். பாக்கியைப் பற்றிப் பேசப் போனபோது, சிக்கரியை 40 ஆக்கி விலையைக் குறைத்துக் கொடுங்கள் என்றார்கள். காப்பி 51 விழுக்காட்டுக்குக் குறையாமல் இருந்து, கலவை விகிதத்தை உறையில் அச்சிட்டால் சட்டப்படி அது குற்றமில்லை. ஆனால் எங்கள் மலைக் காப்பி என்று சொல்லி விற்கும் தூளில் அதைச் செய்ய எனக்கு மனம் வரவில்லை. அத்தோடு நிறுத்திக்கொண்டேன்.

இரண்டாவது பில்லுக்கு ஜூனில் பணம் வந்தது. மீதி இரண்டு பில்களின் 3,27,600 ரூபாய்க்கு, டிசம்பரில், 2,50,000 ரூபாயை இரண்டு காசோலைகளாக வாங்கிக்கொண்டு கணக்கை முடித்தேன். போனது 77,600. வராமல் போன அந்தத் தொகைக்குக் கட்டிய வரியைத் திரும்பக் கேட்க ஜி.எஸ்.டி. சட்டத்தில் வழியில்லை. நான்கு மாதங்களுக்கு 96,000 லாபம் என்று நோட்டில் எழுதியதில் மிஞ்சியது 18,400. நகைக்குப் பத்து மாத வட்டி ஏறத்தாழ 20,000. எல்லா மாதமும் லாபத்தில் விற்ற ஒரு தொழில் நட்டத்தில் முடிந்தது இப்படித்தான்.

எல்லாப் பெரிய நிறுவனங்களும் இப்படி நடக்கின்றன என்று நான் சொல்லவில்லை. குறித்த நாளில் பணம் தருகிறவர்களும் எனக்கு வாடிக்கையாளர்களாக இருக்கிறார்கள். என் வேதனை வேறு. ஒரு நிறுவனம் தனக்குச் சரக்குக் கொடுப்பவர்களுக்கு எப்படிப் பணம் தருகிறது என்பதை, பண்ணைக்காட்டில் உட்கார்ந்திருக்கும் ஒருவன் தெரிந்துகொள்ள ஒரு வழியும் இல்லாமல் இருந்தது. ஹார்வர்டு வணிகப் பள்ளியைச் சேர்ந்த தருண் கன்னாவும் கிருஷ்ண பாலெப்புவும் 1997-இல் எழுதிய கட்டுரை ஒன்றை என் மகள் எனக்குப் படித்துச் சொன்னாள். வளர்ந்த நாடுகளில் வாங்குபவருக்கும் விற்பவருக்கும் இடையே நம்பத்தக்க தகவலும், ஒப்பந்தத்தை நிறைவேற்றித்தரும் நீதியமைப்பும், கடன் மதிப்பீடும் நிற்கின்றன, வளரும் நாடுகளில் அந்த இடம் வெற்றாகக் கிடக்கிறது, டாடா போன்ற பெரும் குழுமங்கள் அந்த வெற்றிடத்தைத் தமக்குள்ளேயே நிரப்பிக்கொள்கின்றன என்பது அவர்கள் வாதம். இதைக் கேட்டபோது என் கதையைத்தான் யாரோ எழுதியிருக்கிறார்கள் என்று பட்டது. உங்கள் வகுப்பில் முதல் போதாமையைப் பற்றிச் சொல்கிறவர்கள் இதையும் சொல்லித்தர வேண்டும். முதல் குறைவாக இருப்பவனுக்கு வங்கியாவது இருக்கிறது, இந்த வெற்றிடத்தில் விழுந்தவனுக்கு நகைதான் இருக்கிறது.

அந்த வெற்றிடத்தை நான் இப்போது என்னால் முடிந்த வகையில் நிரப்பிக்கொள்கிறேன். புதிதாக யாராவது கடனுக்குச் சரக்குக் கேட்டால், அவர்கள் உணவகத்தின் பின்வாசலுக்கு விடியற்காலை ஐந்து மணிக்குப் போய்விடுகிறேன். பால் வண்டியும் காய்கறி வண்டியும் அங்கேதான் நிற்கும். அந்த ஓட்டுநர்களிடம் ஒரு டீ வாங்கிக் கொடுத்துப் பேசினால் பத்து நிமிடத்தில் எல்லாம் தெரிந்துவிடும். சென்ற ஆண்டு ஒரு பெரிய ஆர்டரை நான் மறுத்ததற்குக் காரணம், பால்காரத் தம்பி ஒருவர் "அண்ணே, எங்களுக்கே மூணு மாசமா நிக்குது" என்று சொன்னதுதான்.

அடுத்தது, குறு, சிறு, நடுத்தரத் தொழில்களுக்கான மத்திய அரசின் உத்யம் பதிவு. 2020 ஜூலை முதல் இணையத்தில், ஆதாரை வைத்துக் கட்டணமில்லாமல் செய்துகொள்ளலாம். இதை முதல் பில் போடுவதற்கு முன்பே செய்துவிடுங்கள். 2006-ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் நிறுவனங்கள் சட்டப்படி, பதிவு பெற்ற குறு, சிறு நிறுவனத்துக்குத் தரவேண்டிய பணத்தை, எழுத்தில் கெடு குறித்திருந்தாலும் 45 நாட்களுக்கு மேல் நிறுத்தி வைக்கக்கூடாது, எழுத்தில் எதுவும் இல்லையென்றால் 15 நாட்கள்தான். தாமதித்தால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு வட்டியை மாதந்தோறும் கூட்டிக் கணக்கிட்டுத் தரவேண்டும். நீதிமன்றத்துக்குப் போகாமல், இதற்கென்று உள்ள வசதியாக்க மன்றத்தில் முறையிடலாம். அந்த மன்றத்தின் தீர்ப்பை எதிர்க்க விரும்பும் நிறுவனம் தொகையில் 75 விழுக்காட்டை முன்கூட்டியே கட்டவேண்டும். நான் சரக்கு அனுப்பிய நாட்களில் எனக்கு இந்தப் பதிவு இல்லை. பிறகு பதிவு செய்துகொண்டு போனபோது, பழைய பில்களுக்கு அது உதவாது என்று வழக்கறிஞர் சொல்லிவிட்டார். இப்போது வருமான வரிச் சட்டத்திலும் ஒரு பிடி வந்திருக்கிறது. 2024-25 மதிப்பீட்டு ஆண்டு முதல், குறு, சிறு நிறுவனங்களுக்குத் தரவேண்டியதைக் கெடுவுக்குள் தராமல் இழுத்தடிக்கும் நிறுவனம், பணத்தை உண்மையில் கொடுத்த ஆண்டில்தான் அதைச் செலவாகக் கழித்துக்கொள்ள முடியும். இதனால் பதிவு பெற்றவரை விட்டுப் பெறாதவரைத் தேடிப் போகிறவர்களும் உண்டு என்று சிலர் சொல்வார்கள். அப்படிப் போகிறவர் நமக்கு வேண்டாத வாடிக்கையாளர்.

மானியத்தைப் பற்றியும் கேட்டிருந்தீர்கள். உணவுப் பதப்படுத்தும் குறு நிறுவனங்களுக்கு 2020-இல் வந்த மத்தியத் திட்டத்தில் 35 விழுக்காடு, உச்சவரம்பு 10 லட்சம் வரை கிடைக்கும். ஆனால் அந்தத் தொகை உங்கள் கைக்கு வராது. வங்கியிலேயே நின்று, கடனை ஒழுங்காகக் கட்டினால் மூன்று ஆண்டுகளுக்குப் பிறகு கழிக்கப்படும். அதை நம்பிப் பார்ச்மெண்டு வாங்கத் திட்டமிடாதீர்கள்.

இப்போது என் தொழில் நடப்பது வேறு முறையில். 2023 டிசம்பரில் மதுரை, திண்டுக்கல் பக்கத்தில் 62 வீட்டாரிடம், வீட்டுக்கு ஆறு மாதத்துக்கு ஆறு கிலோ, கிலோ 600 ரூபாய் என்று முன்பணம் வாங்கினேன். மொத்தம் 2,23,200 ரூபாய். அந்தப் பணம் முழுவதற்கும் அதே பருவத்தில் சரக்கு வாங்கி அறையில் அடுக்கிவிட்டேன். பிறகு விலை எங்கே போனாலும் அவர்களுக்குச் சொன்ன விலையில் கொடுக்க முடிந்தது. 2024-இல் பிரேசில் வறட்சிக்குப் பின் விலை ஏறியதும், 2025 பிப்ரவரியில் உலகச் சந்தையில் அராபிகா ஒரு பவுண்டு 4 டாலரைத் தாண்டியதும் நீங்கள் அறிந்ததே. கீழ்மலையிலும் பார்ச்மெண்டு மூட்டை சில பருவங்களுக்கு முன் இருந்ததைப் போல ஏறத்தாழ இரு மடங்கானது. விவசாயிக்கு அது நல்ல ஆண்டு. வறுத்து விற்பவனுக்கு, அதே அளவு சரக்கைப் பிடிக்க இரு மடங்கு பணம் வேண்டியிருந்த ஆண்டு. கடனுக்கு விற்றுக்கொண்டிருந்த நிலையிலேயே நான் இருந்திருந்தால் அந்தப் பருவத்தைத் தாண்டியிருக்க மாட்டேன்.

ஆகவே உங்கள் 8 லட்சத்தில் இயந்திரத்துக்கு 3 லட்சத்துக்கு மேல் போடவேண்டாம் என்பது என் கருத்து. பழைய ரோஸ்டர் நல்ல நிலையில் கிடைக்கும். உங்களுக்கு முதல் ஆண்டு ஓடு நீக்கும் இயந்திரமும் தேவையில்லை, பட்டிவீரன்பட்டியில் உள்ள கியூரிங் ஆலைகளில் கூலி கொடுத்துச் செய்துகொள்ளலாம். 4 லட்சத்தை மார்கழி, தை மாதச் சரக்குக்கென்று தனியாக வையுங்கள். மீதி 1 லட்சத்தை, யாராவது 78 நாள் இழுத்தடித்தால் விவசாயிக்குச் சனிக்கிழமை கொடுப்பதற்கென்று தொடாமல் வையுங்கள். தையில் பழம் எடுக்கும்போது பண்ணைக்காட்டுக்கு வந்தால், அந்த நான்கு பில்களையும் அவற்றின் எதிரே நான் தேதி போட்டு எழுதிய நோட்டையும் காட்டுகிறேன். அந்த அக்காவும் அப்போது பெரும்பாலும் தராசுப் பக்கம் இருப்பார்.