ஞூடி என்ற இத்தாலியக் கீரை உருண்டை கொதிநீரில் போட்டதும் உடைந்து கரைந்துவிடுகிறதே, ஏன்?

காரணம் பெரும்பாலும் ஈரம்தான். இத்தாலியின் டஸ்கனி பகுதியில் செய்யும் இந்தக் கீரை உருண்டையில் மாவு மிகக் குறைவு. ரிக்கோட்டா சீஸும் பசலைக்கீரையும்தான் எல்லாமே. இரண்டுமே தண்ணீர் விடும்.

500 கிராம் கீரையை வதக்கி, ஆறியதும் துணியில் கட்டி முறுக்கிப் பிழியுங்கள். போதும் என்று தோன்றியபின் இன்னொரு முறையும் பிழியுங்கள்! 250 கிராம் ரிக்கோட்டாவையும் துணியில் கட்டி, சில மணி நேரம் ஃபிரிட்ஜில் வடியவிடுங்கள். கீரையைப் பொடியாக நறுக்கி, வடிந்த ரிக்கோட்டா, ஒரு முட்டை, 50 கிராம் துருவிய பார்மேசன் சீஸ், கொஞ்சம் ஜாதிக்காய்த் தூள், உப்பு, இரண்டு மூன்று மேசைக்கரண்டி மைதா சேர்த்துக் கலக்குங்கள். ஒட்டுகிறதே என்று மைதாவை அள்ளிக் கொட்டினால் உருண்டை ரப்பராகிவிடும். அதற்குப் பதில் கையில் மாவு தொட்டுக்கொண்டு நெல்லிக்காய் அளவில் உருட்டி, ரவையில் புரட்டி, அரை மணி நேரம் குளிரவையுங்கள்.

முதலில் ஒரே ஒரு உருண்டையைப் போட்டுப் பாருங்கள். உடைந்தால் மட்டும் இன்னொரு கரண்டி மைதா. தண்ணீர் தளதளவென்று கொதிக்கக் கூடாது, லேசாகக் குமிழ் விட்டால் போதும். மேலே மிதந்து ஓரிரு நிமிடத்தில் எடுத்துவிடலாம்.

அப்புறம், வெண்ணெயில் சேஜ் என்ற வாசனை மூலிகை இலையைப் பொரித்து மேலே ஊற்றுங்கள். தக்காளி சாஸும் சரிதான், ஆனால் எனக்கு வெண்ணெய்தான்.